ஸ்டாட் என்றால் புள்ளிவிவரம் இல்லை

“அண்ணா, இந்தாளுக்கு அரசியலமைப்பு 14னு போட்டிருக்குதே, அப்படின்னா என்ன?”

தருமபுரியில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் ஞாயிறுதோறும் ஐந்து பேர் கூடி டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆடுகிறோம். ஆறாவது ஆளாகச் சித்தப்பா மகள் வந்து சேர்ந்தாள். பதினோராம் வகுப்பு, தமிழ் வழி. அவளுக்காகக் கேரக்டர் ஷீட்டை, அதாவது ஆடும் பாத்திரத்தின் விவரம் எழுதிய தாளை, கைபேசியிலேயே மொழிபெயர்த்து அச்செடுத்து வைத்திருந்தேன். தலைப்பு ‘எழுத்துப் புள்ளிவிவரங்கள்’ என்று வந்திருந்தது. உடம்பு எவ்வளவு அடி தாங்கும் என்று சொல்லும் கான்ஸ்டிடியூஷன், நாட்டின் சட்டமாக மாறியிருந்தது. அவள் அந்தத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். தனக்குத்தான் புரியவில்லை என்று நினைத்துக்கொண்டாள். அது எனக்குப் பொறுக்கவில்லை. புரியாதது அவள் குறை இல்லை, சொல்லின் குறை. அன்றிலிருந்து இந்தச் சொற்களைத் தோண்டிக்கொண்டிருக்கிறேன்.

ஆட்டம் தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் சேர்ந்து உருவாக்கி, 1974இல் அமெரிக்காவில் வெளிவந்த ஆட்டம் இது. ஒருவர் கதையை நடத்துவார், அவரை டிஎம் என்போம். மற்ற ஒவ்வொருவரும் ஒரு பாத்திரமாகப் பேசுவார்கள், சண்டை போடுவார்கள், தப்பித்து ஓடுவார்கள். செய்ய நினைத்தது நடந்ததா இல்லையா என்பதை 20 முகப் பகடை சொல்லும். பாத்திரத்தின் உடம்பும் மனசும் எப்படிப்பட்டவை என்பதை ஆறு எண்கள் சொல்லும். அந்த எண்களைத்தான் ஆடுபவர்கள் ஸ்டாட் என்கிறார்கள்.

ஸ்டாட் என்பது ஸ்டாட்டிஸ்டிக் என்பதன் வெட்டுத்துண்டு. 1749இல் ஜெர்மானியப் பேராசிரியர் காட்ஃபிரீட் ஆக்கன்வால் அந்தச் சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தபோது அது எண் கணக்கைக் குறிக்கவில்லை. ஒரு நாட்டில் எவ்வளவு நிலம், எத்தனை சனம், என்ன படை, என்ன வருமானம் என்று ஆட்சி செய்பவருக்கு விவரிக்கும் படிப்பு அது. 1790களில் ஜான் சின்க்ளேர் ஸ்காட்லாந்து முழுவதையும் ஊர்வாரியாக விசாரித்துத் தொகுத்த நூல்களுக்கு அந்தப் பெயரை வைத்தார். ஆங்கிலத்தில் சொல் ஊன்றியது அப்போதுதான். எண்களே முதன்மை என்றானது அதற்குப் பிறகு. சொல்லின் அடிவேர் லத்தீனில் ‘நில்’ என்னும் வினை. அதிலிருந்து ஸ்டேட்டஸ், அதாவது நிலை. தமிழிலும் அப்படியே நடந்திருக்கிறது: நில், நிலை, நிலவரம். பாலக்கோட்டில் தக்காளி ஏற்றிக்கொண்டு போகிறவர் முதலில் கேட்பது “நெலவரம் என்னங்க?” என்றுதான். ஆக்கன்வால் தேடியதும் நாட்டின் நிலவரத்தை.

புள்ளிவிவரம் நல்ல சொல். மக்கள்தொகைக்கும் மழை அளவுக்கும் அதைவிடப் பொருத்தமானது இல்லை. ஆனால் புள்ளிவிவரம் என்றால் பலவற்றை எண்ணித் தொகுத்தது. ஒரே ஒரு வாள்வீரனின் கைவலு 15 என்பது தொகுத்த விவரம் இல்லை, அவனுக்கு வைத்த அளவு. கணினித் துறையில் புழங்கும் ‘பண்புக்கூறு’ என்ற சொல்லைச் சிலர் இங்கே கொண்டுவருகிறார்கள். எனக்கு உடன்பாடு இல்லை. பேச்சுத் தமிழில் பண்பு என்றால் நல்ல குணம். ‘பண்பு 8’ என்று எழுதினால் அந்த ஆள் மரியாதை தெரியாதவன் என்றுதான் நம் ஊரில் படிப்பார்கள். வேர்ப்பொருளை ஒட்டி ‘நிலையெண்’ என்றும் வைக்கலாம். ஆனால் இந்த ஆட்டத்தில் ஒன்றாம் லெவல், இரண்டாம் லெவல் என்று ஏறுவதற்கு நிலை என்ற சொல் ஏற்கெனவே வாயில் வந்துவிடுகிறது, குழப்பும்.

விதிப்புத்தகத்தைப் பார்த்தால் வழி தெரிகிறது. அதில் இந்த எண்களுக்குப் பெயர் அபிலிட்டி ஸ்கோர். ஸ்டாட் என்பது ஆடுபவர்களின் வாய்ச்சொல். அபிலிட்டி திறன், ஸ்கோர் எண். மதிப்பும் எண்ணும் சேர்ந்து மதிப்பெண் ஆனதுபோல, திறனும் எண்ணும் சேர்ந்தால் திறனெண். பத்தாம் வகுப்பு எழுதிய யாருக்கும் விளக்கம் தேவைப்படாது. என் தங்கையிடம் “இது அவனோட திறனெண்” என்றேன். “ஓ, மார்க் மாதிரி” என்றாள். அதோடு முடிந்தது.

அடுத்த சொல் மாடிஃபையர். எனக்கு இதுதான் திறனெண்ணைவிட முக்கியம், ஏனென்றால் ஆட்டத்தில் உண்மையாக உழைப்பது இதுதான்: பகடையில் விழுந்ததோடு கூட்டுவதோ கழிப்பதோ இந்தச் சிறு எண்ணைத்தான்.

அந்த எண்கள் எங்கிருந்து வருகின்றன என்று முதலில் பார்த்துவிடலாம். தாயம் உருட்டிய கைகளுக்கு இது சட்டென்று பிடிபடும். பாட்டி வீட்டுப் பித்தளைத் தாயக்கட்டை ஒவ்வொன்றிலும் நாலு பக்கம்: ஒன்று, இரண்டு, மூன்று, பிறகு ஒரு வெற்றுப் பக்கம். இரண்டு கட்டைகளும் சேர்ந்து 16 விதமாக விழலாம். மூன்று விழ 4 வழி. தாயம் விழ 2 வழி. இரண்டும் வெறுமையாய் விழுந்து பன்னிரண்டு ஆக ஒரே வழி. “மூணா விழுது, தாயம் விழமாட்டேங்குது” என்று நம் வீட்டுத் திண்ணைகளில் புலம்பியதெல்லாம் ராசி இல்லை, கணக்கு. நடுவில் உள்ளது அடிக்கடி விழும், ஓரத்தில் உள்ளது அரிதாக விழும். ஆறு முகப் பகடை மூன்றை உருட்டிக் கூட்டுவதுதான் திறனெண் பெறும் பழைய முறை. மொத்தம் 216 வழி. 10 அல்லது 11 விழ 54 வழி, அதாவது நாலில் ஒரு பங்கு. 18 விழ ஒரே வழி. அதனால் 10 என்றால் சாதாரண ஆள், 18 என்றால் ஊரே திரும்பிப் பார்க்கும் ஆள் என்ற அளவுகோல் தானாக அமைந்துவிட்டது.

இந்த 10ஐ நடுவாக வைத்துத்தான் மாடிஃபையர் வருகிறது. திறனெண்ணிலிருந்து 10ஐக் கழி, பாதியாக்கு, பின்னம் வந்தால் கீழ்நோக்கி முழுமையாக்கு. 2000இல் வந்த மூன்றாம் பதிப்பிலிருந்து ஆறு திறன்களுக்கும் இதே கணக்கு. 14க்கு 2 கூடும். 15க்கும் அதே 2தான். 16க்கு 3. 10க்கும் 11க்கும் ஒன்றுமில்லை. 9க்கு 1 குறையும்: கழித்தால் கழித்தல் 1, பாதி கழித்தல் அரை, அதற்குக் கீழே உள்ள முழு எண் கழித்தல் 1. புதிதாக வருகிறவர்கள் இந்த இடத்தில்தான் தடுக்கி விழுகிறார்கள், அரையைச் சுழியாக்கிவிடுகிறார்கள்.

மாடிஃபையருக்கு லத்தீன் வேர் மோதுஸ், அளவு என்று பொருள். அளவுபடுத்துவது, அளவைத் திருத்துவது. ‘திருத்தி’, ‘மாற்றி’ என்று சொல்லுக்குச் சொல் வைத்தால் தமிழில் அது வினையெச்சமா பெயரா என்று தெரியாமல் தொங்கும். ‘போனஸ்’ என்றால் குறைவதைச் சொல்ல முடியாது. நம் பள்ளிப் பாடநூல் மிகை முழுக்கள், குறை முழுக்கள் என்று கற்றுக்கொடுக்கிறது. அந்த இரண்டையும் ஒட்டி மிகைகுறை என்று வைத்துக்கொண்டேன். “வலிமை 16, மிகைகுறை 3 கூட்டு”, “விவேகம் 8, மிகைகுறை 1 கழி”. கூடும் அல்லது குறையும் என்ற வேலையைச் சொல்லே செய்துவிடுகிறது.

ஒரு மிகைகுறை ஏறினால் என்ன பெரிதாக ஆகிவிடும் என்று கேட்கலாம். 20 முகப் பகடையில் ஒவ்வொரு முகத்துக்கும் நூற்றுக்கு 5 வாய்ப்பு. எதிரியின் கவச எண் 15, அதாவது விழுந்ததும் கூடுவதும் சேர்ந்து 15ஐத் தொட்டால்தான் அடி படும். நம் வீரனுக்கு வலிமையில் 3, பழகிய ஆயுதம் என்பதற்காக 2, ஆக 5 கூடும். 10 முதல் 20 வரை எது விழுந்தாலும் அடி படும்: நூற்றுக்கு 55. வலிமையில் 2தான் என்றால் நூற்றுக்கு 50. வித்தியாசம் சிறிதாகத் தெரிகிறது. ஆனால் அதே மிகைகுறை அடியின் பலத்திலும் சேர்கிறது. எட்டு முகப் பகடை உருட்டும் நீளவாளின் சராசரி 4.5. 3 கூடினால் 7.5, 2 கூடினால் 6.5. படும் வாய்ப்போடு பெருக்கினால் ஒரு வீச்சுக்கு 4.125, 3.25. 20 விழுந்தால் கிடைக்கும் கூடுதல் அடியை விட்டுவிட்டுப் போட்ட கணக்கு இது. ஒரே ஒரு எண் ஏறியதில் கால் பங்குக்கும் மேலே பலம் கூடுகிறது.

ஆறு திறன்களின் பெயரையும் இங்கே நீட்டி முழக்க வேண்டாம். வலிமை, அறிவு, விவேகம், ஈர்ப்பு நான்கும் தகராறு இல்லாதவை. ஈர்ப்புக்குப் பதில் கவர்ச்சி என்றால் சினிமா வாடை அடிக்கிறது. கான்ஸ்டிடியூஷனுக்குத் திடம். தெம்பு என்றும் யோசித்தேன். ஆனால் தெம்பு களி தின்றால் வரும், பட்டினி கிடந்தால் போகும். திடம் ஆளோடு நிற்கும்.

டெக்ஸ்டெரிட்டிதான் என்னை இரண்டு நாள் இருத்தியது. லத்தீனில் டெக்ஸ்டர் என்றால் வலப்பக்கம். வலக்கை லாவகமான கை, அதனால் லாவகத்துக்கே அந்தப் பெயர். தமிழிலோ வலம், வலிமை, வல்லமை, வல்லவன் எல்லாம் வல் என்னும் ஒரே வேரில் கிளைத்தவை. அவர்கள் வலக்கையில் நேர்த்தியைப் பார்த்தார்கள், நாம் நேர்த்தியையும் பலத்தையும் சேர்த்தே பார்த்தோம். வேரைப் பிடித்துக்கொண்டு போனால் இரண்டு திறன்களும் ஒரே சொல்லில் போய் முட்டும். ஆகவே அதை விட்டுவிட்டு, “பிள்ளை சூட்டிகையா இருக்கான்” என்று பெரியவர்கள் சொல்லும் சூட்டிகையை எடுத்தேன். வேகமும் விழிப்பும் கைநேர்த்தியும் அதில் அடங்கும்.

கடைசியாக ஆப்டிமைஸ். இருக்கிற புள்ளிகளை எங்கே போட்டால் அதிகப் பயன் என்று கணக்கிட்டு ஆளை உருவாக்குவது. உகப்பாக்கம் என்று கலைச்சொல் இருக்கிறது, கணிதத்துக்கு அது சரி. மேசையில் அது வாயில் வராது. ஒரு வேலையை ரசித்துப் பாராட்டும்போது நாம் என்ன சொல்கிறோம்? “செதுக்கியிருக்காம்ப்பா.” செதுக்குதல் என்பதையே வைத்துக்கொள்ளலாம் என்கிறேன். காரணம் இன்னொன்றும் உண்டு. கேரக்டர் என்ற சொல்லுக்குக் கிரேக்கத்தில் முதற்பொருள் பொறிக்கும் கருவி, பொறித்த அடையாளம். ஆநிரை மீட்டு மாண்ட வீரனை ஆயுதத்தோடு கல்லில் செதுக்கி, பேரையும் செயலையும் பொறித்து நட்ட நடுகற்கள் தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் எத்தனையோ இருக்கின்றன. கிருஷ்ணகிரி அருங்காட்சியகத்தில் அவற்றின் முன் நின்றபோது, நாம் தாளில் எழுதுவதை இவர்கள் கல்லில் எழுதியிருக்கிறார்கள் என்று தோன்றியது.

செதுக்குவதற்கு விலை உண்டு. தகடூரை, அதாவது இன்றைய தருமபுரியை, ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சியைப் பற்றி ஔவையார் பாடிய புறநானூற்றுப் பாட்டு ஒன்றில் (87), ஒரு நாளைக்கு எட்டுத் தேர் செய்யும் தச்சன் ஒரு மாதம் பாடுபட்டுச் செய்த ஒற்றைச் சக்கரம் போன்றவன் எங்கள் வீரன் என்கிறார். முப்பது நாள் என்று வைத்தால் 240 தேர் செய்யும் உழைப்பு ஒரு சக்கரத்துக்குள் போயிருக்கிறது. ஒன்றில் குவித்தால் மற்றது இல்லாமல் போகும். ஐந்தாம் பதிப்பின் புள்ளி முறை அப்படியே இதுதான். கையில் 27 புள்ளி. எல்லாத் திறனும் 8இல் தொடங்கும். 13 வரை ஏற ஒவ்வொன்றுக்கும் ஒரு புள்ளி, 14க்கு மொத்தம் 7, 15க்கு 9. மேலே போகப் போக விலை ஏறும்.

தங்கை தன் வீரனுக்கு அஞ்சி என்று பேர் வைத்தாள், தகடூர்க்காரி ஆயிற்றே. வலிமை 15, சூட்டிகை 15, திடம் 15. மூன்றுக்கும் 9 வீதம் 27 தீர்ந்தது. மற்ற மூன்றும் 8. 2024 விதிப்படி படைவீரன் என்ற பின்னணி அந்த மூன்றுக்கும் ஒவ்வொன்று கூட்டியது: 16, 16, 16. மூன்று இடத்தில் 3 கூடும், மூன்று இடத்தில் 1 குறையும். பார்க்க அழகான தாள்.

முதல் ஆட்டத்திலேயே காட்டுப்பாதையில் பதுங்கியிருந்தவர்களை அஞ்சி கவனித்தானா என்று டிஎம் கேட்டார். 12 வேண்டும். அவள் உருட்டினாள். சரியாக 12 விழுந்தது. கையைத் தட்டப் போனவள், தாளைப் பார்த்தாள். விவேகம் 8, மிகைகுறை 1 கழி. 11.

மறுநாள் காலை ஏழு மணிக்கே வீட்டுக்கு வந்துவிட்டாள், கையில் கணக்கு நோட்டு. “அண்ணா, சூட்டிகைய 14க்கு இறக்கினா 2 மிச்சமாவுது. அந்த 2ல விவேகம் 8லருந்து 10 ஆயிடும், குறை போயிடும். கனமான கவசம் போட்டா சூட்டிகை கவச எண்ல சேராதுன்னு நீங்கதான சொன்னீங்க?”

“ஆமா.”

“அப்ப அதுல ஒண்ணு கொறஞ்சா பெருசா நட்டமில்ல. பின்னணில வர்ற ஒண்ண 14ல போட்டா 15 ஆவும், மிகைகுறை ஏறாது, வீண். அத வலிமையில ரெண்டாப் போட்டுட்டா 17. நாலாவது லெவல்ல இன்னொண்ணு போட்டா 18.”

நோட்டை வாங்கிக் கூட்டிப் பார்த்தேன். 9, 7, 9, 2. 27.