பானை ஓட்டை எடுத்துக் கழுவுவதற்கு முன்

உழவு ஓட்டும்போதோ கிணறு வெட்டும்போதோ கிடைத்த பானை ஓட்டைப் படம் எடுத்து அனுப்பி, "சார், இது எத்தனை வருஷம் பழசு?" என்று கேட்பவர்கள் இப்போது நிறைய. கீழடிக்குப் பிறகு இந்த ஆர்வம் கூடியிருப்பது எனக்கு உண்மையிலேயே சந்தோஷம். ஆனால் படத்தில் இருக்கும் ஓடு பெரும்பாலும் சோப்புப் போட்டுக் கழுவி, வெயிலில் காயவைத்து, சில சமயம் கீறலுக்குள் சாக்பீஸும் தடவி மேஜைமேல் வைக்கப்பட்டிருக்கும். எங்கே கிடந்தது, எவ்வளவு ஆழத்தில், கூட வேறு என்ன இருந்தது என்று திருப்பிக் கேட்டால் பதில் வராது. இந்த மூன்றும் தெரியாத ஓட்டைப் பற்றி, அகழாய்வுகளில் ஓடு பிரித்துப் பதிவதையே தொழிலாகக் கொண்ட என்னாலும் அதிகம் சொல்ல முடியாது. கறுப்பு-சிவப்பு வகை என்று சொல்லலாம், அந்த வகை நம் பக்கம் பல நூற்றாண்டுகள் புழங்கியது என்று சொல்லலாம், அவ்வளவுதான்.

கிடந்த இடம் ஏன் இவ்வளவு முக்கியம் என்று கேட்பவர்களுக்கு நான் அரிக்கமேட்டைத்தான் சொல்வேன். புதுச்சேரிக்குத் தெற்கே அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் இருக்கும் மேடு அது. 1944இல் இந்தியத் தொல்லியல் துறைக்குத் தலைவராக வந்த மார்ட்டிமர் வீலர், அங்கிருந்து சென்னை அருங்காட்சியகத்துக்கு வந்திருந்த ஆம்போரா ஜாடியின் உடைந்த துண்டு ஒன்றைப் பார்த்தார். மத்திய தரைக்கடல் பக்கத்து மது ஜாடி. 1945இல் அங்கே அகழாய்வு தொடங்கினார். கிடைத்த ஓடுகளில் சில, இத்தாலியின் அரெஸ்ஸோ நகரத்துப் பெயரால் அரிட்டைன் என்று வழங்கும் பளபளப்பான சிவப்பு வகை. அந்த வகை எப்போது புழக்கத்துக்கு வந்தது, கி.பி. முதல் நூற்றாண்டின் நடுவாக்கில் எப்படி மறைந்தது என்பதெல்லாம் ஐரோப்பிய அகழாய்வுகளால் ஏற்கெனவே தெரிந்த செய்தி, அதனால் அது கிடந்த மண்ணடுக்குக்குக் காலம் குறிக்க முடிந்தது, அதே அடுக்கில் கூடக் கிடந்த உள்ளூர்ப் பானைகளுக்கும் சேர்த்துத்தான். தென்னிந்தியப் பானைகளுக்கு உறுதியான ஒரு காலக்கணக்கு அங்கிருந்துதான் தொடங்கியது. 1947இல் கர்நாடகத்தின் பிரம்மகிரியில் தோண்டியபோது, அரிக்கமேட்டில் இப்படிக் காலம் தெரிந்துவிட்ட ரௌலட்டட் வகை (உட்பக்கம் புள்ளிப் புள்ளியாக வளையம் பதித்த தட்டு) ஓடுகள் அங்கேயும் வந்தன. அவற்றை வைத்து அந்த ஊரின் அடுக்குகளுக்கும் காலம் சொன்னார்கள். இத்தாலியக் குயவர் செய்த தட்டின் சில்லுகள், கடலோரத்திலிருந்து உள்நாட்டு ஊர் வரை காலம் சொல்லியிருக்கின்றன. அதே சில்லுகளை யாராவது பொறுக்கி வீட்டு அலமாரியில் வைத்திருந்தால், அழகான சிவப்பு ஓடு என்பதைத் தாண்டி அவற்றுக்கு எதுவும் இருந்திருக்காது.

வீலர் சொன்னதெல்லாம் நிலைத்துவிடவும் இல்லை. 1989 முதல் 1992 வரை தொல்லியலாளர் விமலா பெக்லி குழுவினர் மறுபடி தோண்டி, பழைய ஓடுகளையும் மறுபடி பார்த்து, ரோமானிய வணிகம் சூடுபிடிப்பதற்கு முன்பே அங்கே ஊர் இருந்தது என்று காட்டினார்கள். ரௌலட்டட் பாண்டம் மத்திய தரைக்கடல் பாணியில் வந்தது என்பது வீலரின் எண்ணம், பின்னால் வந்த கனிம ஆய்வுகளோ அதன் களிமண்ணுக்குக் கங்கைக் கழிமுகப் பக்கம் கையைக் காட்டின. எந்த ஓடு எந்தக் குழியில், எந்த அடுக்கில் கிடைத்தது என்று எழுதி வைத்திருந்ததால்தான் இப்படித் திருப்பிப் பார்க்கவும் திருத்தவும் முடிந்தது.

சரி, கழுவினால் என்ன கெட்டுவிடும்? நம் பழைய சமையல் பானைகளில் மெருகுப் பூச்சு கிடையாது. சமைத்ததன் எண்ணெயும் கொழுப்பும் சுவரின் நுண்துளைகளுக்குள் ஊறித் தங்கிவிடும், ஆய்வகத்தில் அதைப் பிரித்தெடுத்து அந்தப் பானையில் இறைச்சி வெந்ததா பால் காய்ந்ததா என்று பார்க்க வழி இருக்கிறது. சோப்பும் பிரஷ்ஷும் போட்டுத் தேய்த்தால் அந்தச் சான்று குலையும், கையில் தடவியிருக்கும் எண்ணெய் கூட அதில் கலந்துவிடும். வெப்ப ஒளிர்வு முறையில் ஓட்டின் காலத்தைக் கணிக்கவும் ஓடு மட்டும் போதாது. சூளையில் சுட்ட நாளிலிருந்து அதன் மணல் துகள்கள் வாங்கிய கதிர்வீச்சைத்தான் அந்த முறை அளக்கிறது, அதில் ஒரு பங்கு சுற்றியிருந்த மண்ணிலிருந்து வந்தது என்பதால் அந்த மண்ணும் வேண்டும்.

இதைவிட எனக்கு வயிற்றெரிச்சல் தருவது எழுத்துள்ள ஓடுகள் படும் பாடு. தமிழி (தமிழ் பிராமி) எழுத்தோ குறியீடோ மங்கலாகத் தெரிந்தால், படத்தில் நன்றாக விழட்டும் என்று ஆணியால் அதன்மேலேயே கீறிவிடுகிறார்கள். அந்தக் கீறலின் ஓரம் ஒரு சாட்சி. பச்சை மண்ணில் கீறியிருந்தால் மண் இருபக்கமும் ஒதுங்கி வரம்பு கட்டியிருக்கும், சுட்ட பிறகு கீறியிருந்தால் ஓரம் சிறு சிறு சில்லாகப் பெயர்ந்திருக்கும். முதலாவது என்றால் எழுதியவர் பெரும்பாலும் பானை செய்த இடத்தைச் சேர்ந்தவர். இரண்டாவது என்றால் வாங்கிப் பயன்படுத்தியவராக இருக்கலாம். சாதாரண வீட்டுப் பானையில் ஒருவர் தன் பெயரைத் தானே எழுதிக்கொண்டார் என்று சொல்வதற்கு நம்மிடம் இருக்கும் ஆதாரம் இந்த ஓரம்தான், ஆணி முதலில் அழிப்பதும் அதையே.

ஓட்டை வாசிக்கப் பழகுவதற்குப் புத்தகத்தைவிட நல்ல ஆசிரியர்கள் இன்றைக்குச் சக்கரத்தில் உட்காருகிற வேளார்கள். கீழடி இருக்கும் அதே சிவகங்கை மாவட்டத்து மானாமதுரைக்குப் போய்ப் பாருங்கள். பானையின் வாயையும் கழுத்தையும் சக்கரத்தில் இழுத்துவிட்டு, அடி திறந்தபடியே அறுத்து எடுத்து, கொஞ்சம் இறுகியதும் உள்ளே கல்லைக் கொடுத்து வெளியே பலகையால் தட்டித் தட்டி அடியை மூடுவார்கள். பழைய ஓட்டின் உட்பக்கம் விரலை ஓட்டினால் அந்தக் கல் பதிந்த குழிகள் தட்டுப்படும். இதை நேரில் பார்த்தவர்கள் பானை ஓட்டைக் குப்பை என்று சொல்ல மாட்டார்கள்.

அடுத்தது, இறந்தவர்களைப் புதைத்த முதுமக்கள் தாழி. வாய் தெரிந்ததும் தங்கம் இருக்குமோ என்று உள்ளே உள்ள மண்ணைக் கொட்டிப் பார்ப்பது பல ஊர்களில் நடக்கிறது. உண்மையில் பெரும்பாலும் இருப்பது எலும்பு, சிறு கலங்கள், இரும்புக் கருவி, மணிகள். பழனிக்கு அருகே பொருந்தலில் 2009, 2010 ஆண்டுகளில் பேராசிரியர் கா. ராஜன் தோண்டிய ஈமக்குழி ஒன்றில், நான்கு கால் ஜாடிக்குள் நெல் இருந்தது. அதன் காலம் கி.மு. 490 என்று கரிமக் கணிப்பில் வந்தது. அதே குழியில் தமிழி எழுத்துள்ள பானைத் தாங்கி ஒன்றும் இருந்தது. நெல்லும் எழுத்தும் ஒரே குழியில் கிடந்ததால்தான் அந்த எழுத்தின் காலத்தைப் பற்றிப் பேசவே முடிகிறது, வாதங்கள் இருந்தாலும். ஜாடியை யாராவது முன்பே கவிழ்த்திருந்தால் நெல் மண்ணோடு போயிருக்கும்.

சொன்னால் அரசாங்கம் நிலத்தை எடுத்துக்கொள்ளும் என்ற பயம் பலருக்கு இருக்கிறது, அதனால்தான் ராத்திரியோடு ராத்திரியாக ஜேசிபியை விட்டு நிரவிவிடுகிறார்கள். பானை ஓடு கிடைத்தது என்று சொன்னதாலேயே பட்டா மாறிவிடாது. கீழடியின் முதல் குழிகள் தனியார் தென்னந்தோப்பில், உரிமையாளர்களின் சம்மதத்தோடு தோண்டப்பட்டவை, வேலை முடிந்ததும் மூடப்பட்டன. மறைப்பதுதான் சிக்கல். மண்ணுக்குள் கிடைக்கும் மதிப்புள்ள பொருளைக் கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 1878ஆம் ஆண்டின் புதையல் சட்டமே சொல்கிறது.

எனவே உங்கள் வயலிலோ, ஏரியில் வண்டல் அள்ளும் இடத்திலோ, செங்கல் சூளைக்கு மண் வெட்டும் பள்ளத்திலோ ஓடுகள் குவியலாகத் தெரிந்தால் வேலையை அந்த ஒரு மூலையில் மட்டும் நிறுத்துங்கள், எதையும் அசைக்காமல் முதலில் படம் எடுங்கள். ஒரு படம் நெருக்கத்தில், அளவுக்குப் பக்கத்தில் ஒரு நாணயமோ ஸ்கேலோ வைத்து. இன்னொன்று தள்ளி நின்று, மரமோ கிணறோ தெரிகிற மாதிரி. பள்ளத்தின் சுவரையும் எடுங்கள், மண்ணின் நிறம் எங்கே மாறுகிறது என்று அதில் தெரியும். போனில் இருப்பிடத்தை ஆன் செய்திருந்தால் இன்னும் நல்லது. ஓடு ஏற்கெனவே பெயர்ந்து வந்துவிட்டதென்றால் மண்ணோடு அப்படியே காகிதத்தில் சுற்றி, இடமும் ஆழமும் தேதியும் எழுதிப் பையில் போடுங்கள். அப்புறம் விஏஓவிடமோ தாசில்தாரிடமோ சொல்லுங்கள், மாவட்ட அரசு அருங்காட்சியகத்துக்கும் ஒரு வார்த்தை தெரிவியுங்கள். எனக்கு அனுப்புவதானால் அந்தப் பள்ளத்துச் சுவரின் படத்தை முதலில் அனுப்புங்கள், ஓட்டின் படம் அடுத்து வரட்டும்.