வெட்லேண்ட்: நன்செய்யா, ஈரநிலமா?

பெங்களூரில் ஆனேக்கல், சர்ஜாபுரா பக்கம் மனை பார்க்கப் போகும் நம்மவர்கள் 'வெட்லேண்ட்' என்ற சொல்லை இரண்டு தரப்பினர் சொல்லக் கேட்பார்கள். "வெட்லேண்ட்தான் சார், கன்வர்ஷன் ஆயிடுச்சு" என்பார் தரகர். "அது வெட்லேண்ட், கட்டவே கூடாது" என்பார்கள் ஏரியைக் காக்க நிற்கும் குடியிருப்போர். சொல் ஒன்றுதான், பொருள் வேறு.

தரகர் பேசுவது வருவாய்த் துறைக் கணக்கு. அதற்கு நம்மிடம் பழைய சொல்லே இருக்கிறது: நன்செய், பேச்சிலும் பத்திரத்திலும் நஞ்சை. 'செய்' என்றால் வயல். நீர் பாய்ந்து நெல் விளைந்தால் நன்செய், வானம் பார்த்த பூமி புன்செய். வரி போட வந்த வெள்ளைக்காரர்கள் இந்த ஜோடியைத்தான் வெட் லேண்ட், டிரை லேண்ட் என்று ஆங்கிலமாக்கி எழுதிக்கொண்டார்கள்.

கர்நாடகத்தில் பஹணியை, அதாவது நில உரிமை, பயிர் விவரம் உள்ள வருவாய்த் துறைப் பதிவைப் பார்த்தால் குஷ்கி, தரி, பாகாயத்து என்று இருக்கும். மூன்றும் பாரசீகத்திலிருந்து வந்தவை. குஷ்க் என்றால் உலர்ந்தது, தர் என்றால் ஈரமானது, பாக் என்றால் தோட்டம். கன்னடம் எழுத்துக்கூட்டிப் படிக்கும் தமிழர் இடறுவது இங்கேதான். 'தரி' என்றதும் 'தரிசு' ஞாபகம் வந்து, சும்மா கிடக்கும் நிலம் என்று நினைத்துவிடுவார். நேர் எதிர்! தரி என்றால் நன்செய்.

குடியிருப்போர் சொல்வது சூழலியல் சொல். 1971-இல் ஈரானின் ராம்சர் நகரில் கையெழுத்தான உடன்படிக்கை அதற்கு அகலமான வரையறை தந்தது. இயற்கையோ செயற்கையோ, நிலையாக நிற்பதோ வந்து வற்றுவதோ, நன்னீரோ உப்புநீரோ, எல்லாம் சேரும். கடல் என்றால் நீர் இறங்கும் வற்றத்தின்போது 6 மீட்டர் ஆழம் வரை. இந்தியா 1982-இல் இதில் சேர்ந்தது. இதற்குத் தமிழ் ஈரநிலம். பலர் சதுப்புநிலம் என்று எழுதுகிறார்கள், அது ஈரநிலத்தில் ஒரு வகை மட்டுமே. பள்ளிக்கரணை சதுப்புநிலம், சரி. மைசூரு பக்கத்து ரங்கனதிட்டு பறவைகள் சரணாலயம் காவிரி நடுவே உள்ள தீவுகள், அதைச் சதுப்பு என்றால் பறவைகளே சிரிக்கும். ஆனால் இரண்டுமே 2022-இல் ராம்சர் பட்டியலில் ஏறிய ஈரநிலங்கள்.

ராம்சர் கணக்கில் நெல்வயலும் ஈரநிலம்தான். நம் நாட்டின் 2017 ஈரநில விதிகளோ நெல்வயலை வெளியே விட்டுவிட்டன, பாசனத்துக்கென்றே கட்டியவற்றையும் சேர்த்து. பெங்களூரு ஏரிகளில் பெரும்பாலானவை அந்தக் காலத்தில் பாசனத்துக்காகக் கரை கட்டியவை என்பதை நினைத்தால் இந்த விலக்கு எனக்கு நியாயமாகப் படவில்லை. கர்நாடகம் 2014-இல் ஏரிகளுக்கெனத் தனிச் சட்டம் போட்டது ஓரளவு ஆறுதல்.

சொல்லைப் பிரித்து வைப்பதில் கேரளம் நமக்கு முன்னோடி. 2008-இல் வந்த சட்டத்தின் பெயரே 'நெல்வயல், தண்ணீர்த்தடப் பாதுகாப்புச் சட்டம்'. தண்ணீர்த்தடம் ஈரநிலத்துக்கு மலையாளச் சொல்தான், ஆனாலும் தமிழருக்கு உரை வேண்டாம். நம் நிகண்டுகளிலும் தடம் என்றால் குளம் உண்டு. தண்ணீர்த்தடத்தின் வரையறையில் நெல்வயல் வராது என்று சட்டமே சொல்கிறது. காரணம் இருக்கிறது. வேறு இடம் இல்லாத நெல்வயல்காரர் சொந்த வீடு கட்டிக்கொள்ள, ஊராட்சியில் 10 சென்ட், நகராட்சியில் 5 சென்ட் வரை அனுமதி கேட்கலாம். தண்ணீர்த்தடத்தைத் தூர்க்க அந்த வழி கிடையாது. இதைத் தமிழில் எழுதும்போது இரண்டையும் 'ஈரநிலம்' என்று போட்டால் வீடு கட்ட நினைப்பவருக்குத் தப்பான தகவல் போகும்.

அப்புறம் அந்தக் 'கன்வர்ஷன்'. கன்னடத்தில் அன்யக்ராந்தா, தமிழில் நிலப் பயன் மாற்றம். 1964 கர்நாடக நில வருவாய்ச் சட்டத்தின் 95-ஆம் பிரிவில் துணை ஆணையர் தரும் அனுமதி, அதனால்தான் ஊரில் 'டிசி கன்வர்ஷன்' என்கிறார்கள். இதில் மாறுவது விவசாயம் என்ற பயன் மட்டும். ஏரிக்கும் ராஜகாலுவை எனும் பெரிய மழைநீர்க் கால்வாய்க்கும் ஓரத்தில் விட வேண்டிய இடைவெளி நகரத் திட்ட விதியில் தனியாக இருக்கிறது. கன்வர்ஷன் ஆணை அதைத் தொடாது. தரகரிடம் இரண்டையும் தனித்தனியாகக் கேளுங்கள்.