காட்ஸில்லாவுக்கு யார் டூப்?

"காட்ஸில்லாவுக்கு டூப் போட்டவர் ஹாருவோ நகாஜிமா." போன வாரம் ஒரு தமிழ்க் காணொளியில் காதில் விழுந்தது. இத்தோடு நாலாவது தடவை.

காட்ஸில்லா என்பது ஜப்பானியப் படங்களில் வரும் ராட்சத மிருகம். ஆள் ஒருவர் மிருக உடுப்புக்குள் புகுந்து நடிப்பார். இந்த உடுப்புக்கு ஜப்பானியச் சொல் 'கிகுருமி'. 'கிரு' என்றால் உடுத்துவது, 'நுயிகுருமி' என்றால் பஞ்சடைத்த பொம்மை. இரண்டும் ஒட்டிப் பிறந்தது. உள்ளே இருப்பவர் 'சூட் ஆக்டர்'. பார்க்க ஆங்கிலம், ஆனால் ஜப்பானில் செய்த சரக்கு.

சரி, டூப்புக்கு வருவோம். நாயகன் மாடியிலிருந்து குதிக்க வேண்டிய இடத்தில் வேறொருவர் குதித்தால் அவர் டூப். முகம் ஒருவருக்கு, எலும்பு முறிவு இன்னொருவருக்கு. காட்ஸில்லா விஷயத்தில் அந்த முதல் ஆள் யார்? 1954 முதல் 1972 வரை 12 படங்களில் அந்த மிருகமாக நடந்தவரே நகாஜிமாதான். யானையும் கரடியும் எப்படி அடியெடுத்து வைக்கின்றன என்று உவேனோ விலங்குக்காட்சிச் சாலையில் போய் உட்கார்ந்து பார்த்தவர். முதல் படத்தின் உடுப்பு ஏறத்தாழ 100 கிலோ. விளக்குச் சூட்டில், கழற்றியதும் பனியனைப் பிழிந்தால் வியர்வை கொட்டுமாம். போதாததற்கு, மிருகம் கனமாகத் தெரிய வேண்டுமென்று கேமராவில் ஃபிலிமை வேகமாக ஓட்டிப் படம் பிடிப்பார்கள். திரையில் எல்லாம் மெதுவாகிவிடும். அதையும் கணக்குப் போட்டு அசைய வேண்டும். இவரா டூப்?

'உடை நடிகர்' என்று எழுதுகிறவர்களும் உண்டு. உடை இல்லாமல் எந்த நடிகர் நடிக்கிறார்? ஒரு வசனப் பட்டையில் 'வழக்கு நடிகர்' என்றே பார்த்தேன். அகராதியில் 'சூட்' என்பதற்கு முதலில் கண்ணில் பட்டதை எடுத்து ஒட்டியிருக்கிறார் புண்ணியவான். படத்தைப் பார்க்காமலே மொழிபெயர்க்கிற காலம் இது.

இதற்குப் புதுச்சொல் எதுவும் வேண்டாம். நம் ஊரில் புலி வேஷம் கட்டுகிறார்கள், கூத்தில் வேஷம் கட்டுகிறார்கள். 'போடுவது' வேறு, நல்லவன் வேஷம் யார் வேண்டுமானாலும் போடலாம். கட்டுவதில் பாரம் இருக்கிறது, உடம்பு இருக்கிறது, உள்ளே ஆள் இருக்கிறார். வடசொல் உறுத்தினால் 'வேடம்' என்று எழுதிக்கொள்ளுங்கள், சண்டைக்கு வரமாட்டேன். பெயர்ச்சொல்தான் வேண்டுமென்றால் 'வேடங்கட்டி'.

1966-இல் அல்ட்ராமேன் என்ற ஜப்பானியத் தொலைக்காட்சித் தொடரில் ஜிராஸ் என்றொரு மிருகம் வரும். பழைய காட்ஸில்லா உடுப்புக்குக் கழுத்தைச் சுற்றி ஒரு விசிறிச் செதிலை மாட்டிவிட்டார்கள், அவ்வளவுதான். உள்ளே அதே நகாஜிமா. எதிரே, தொடரின் நாயகன் அல்ட்ராமேனாக, 'பின் ஃபுருயா' என்ற நடிகர். இதைத் தமிழில் சொல்ல என்ன கஷ்டம்? நகாஜிமா ஜிராஸ் வேஷம் கட்டினார், ஃபுருயா அல்ட்ராமேன் வேஷம் கட்டினார்.