கத்தரிப்பூ நிறம்: காயின் நிறமல்ல, பூவின் நிறம்

போன தை மாதம் அத்தையோடு ஜாக்கெட் துணி எடுக்கப் போயிருந்தேன். பையிலிருந்து புடவையின் முந்தானையை மட்டும் வெளியே இழுத்துக் காட்டி, "தம்பி, இதுக்குக் கத்திரிப்பூ கலர்ல ஒரு மீட்டர் எடுங்க" என்றார் அத்தை. கடைப் பையன் சட்டென்று ஒரு துணியை உருவிப் போட்டான். மினுமினுப்பான கரு ஊதா. அத்தை அதைத் தொடக்கூட இல்லை.

"இது காயோட கலருப்பா. நான் கேட்டது பூவோட கலரு."

பையனுக்குப் புரியவில்லை. உள்ளே திரும்பி, "அண்ணே, கத்திரிப்பூன்னா எதுண்ணே?" என்று கேட்டான். கல்லாவில் இருந்தவர் எழுந்திருக்காமலேயே சொன்னார்: "லாவண்டர் கேக்குறாங்கடா. மூணாவது தட்டு." வந்த துணி முந்தானையோடு அப்படியே ஒட்டிக்கொண்டது.

அந்தப் பையன் லாவண்டர் செடியைப் பார்த்திருக்க மாட்டான். கத்தரிச் செடியைப் பார்க்காமல் வளர்ந்திருக்கவும் மாட்டான். இருந்தும் பார்க்காத பூவின் பெயர் அவனுக்குத் தெரிகிறது, பார்த்த பூவின் பெயர் நிறமாக மனத்தில் நிற்கவில்லை. அந்தச் சொல்லைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன்.

முதலில் பூவைப் பார்ப்போம். எங்கள் மாடியில் ஒரு சிமெண்டுத் தொட்டியில் கத்தரி நிற்கிறது. பூ வெயிலை நோக்கி நிமிராது, தலை கவிழ்ந்து தொங்கும். அதனால் செடியைக் கடந்து போகிறவர்கள் கண்ணில் அது படுவதில்லை. காம்பைப் பிடித்துத் திருப்பினால் ஐந்தாறு மடல்கள் ஒன்றோடொன்று ஒட்டி, ஓரம் சற்றே கசங்கிய சிறு குடை போல விரிந்திருக்கும். மடல்களின் நிறம் நீலமும் இல்லை, சிவப்பும் இல்லை. இரண்டும் சேர்ந்து, மேலே பால் ஊற்றினதுபோல வெளுத்த நிறம். ஒவ்வொரு மடலின் நடுவிலும் கொஞ்சம் அழுத்தமான ஒரு கோடு ஓடும். மையத்தில் மஞ்சள் மகரந்தப் பைகள் கூம்பாகக் கூடி நிற்கும். அந்த மஞ்சளுக்குப் பக்கத்தில் இருப்பதால் வெளிறிய மடல் இன்னும் எடுப்பாகத் தெரிகிறது. புல்லி வட்டத்தில் முள். இதைத்தான் கத்தரிப்பூ நிறம் என்கிறோம். அடர்த்தியான ஊதா அல்ல, வெளிர் ஊதா.

காயை விட்டுவிட்டுப் பூவை ஏன் பிடித்தார்கள்? ஆங்கிலத்தில் 'ஆபர்ஜின்' என்று ஒரு நிறம் சொன்னால் அது காயின் தோல் நிறம், கறுப்பை ஒட்டிய ஊதா. ஜப்பானியர் 'நாசுகோன்' என்பதும் காயின் நிறம்தான். நம்மிடம் காயைக் கொண்டு நிறம் சொல்ல முடியாது என்பதே காரணமாக இருக்கும் என்று நினைக்கிறேன். நம் சந்தையில் கத்தரிக்காய்க்கு ஒரு நிறமா இருக்கிறது? பச்சைக் கத்தரி, வெள்ளைக் கத்தரி, ஊதாவில் வெள்ளை வரி ஓடுவது, 2023இல் புவிசார் குறியீடு பெற்ற வேலூர் முள்ளுக் கத்தரி என்று ஊருக்கு ஊர் மாறும். "கத்தரிக்காய் நிறத்தில் ஒரு சேலை" என்றால் எந்தக் காய் என்று திருப்பிக் கேட்க வேண்டிவரும். பூ பெரும்பாலும் ஒரே சாயலில் இருக்கும். வெள்ளையாகப் பூக்கும் வகைகளும் உண்டு, ஆனால் கத்தரிப்பூ என்றதும் மனத்தில் எழுவது வெளிர் ஊதாதான். காய் எந்த நிறமானாலும் பூவை நம்பலாம் என்பதைச் செடியோடு பழகியவர்கள் கண்டுகொண்டிருக்கிறார்கள்.

சொல்லின் அமைப்பு எளிது. கத்தரி + பூ = கத்தரிப்பூ. பேச்சில் கத்திரி என்றும் எழுத்தில் கத்தரி என்றும் வழங்குகிறது, இரண்டும் வழக்குதான். அதோடு 'நிறம்' சேர்ந்தால் பெயர். அதையே அடையாக்கி இன்னொரு பெயரின் முன் வைக்கும்போது 'நிறம்' என்பதன் ஈற்று மகரம் கெட்டு வல்லெழுத்து மிகும்: கத்தரிப்பூ நிறச் சேலை, கத்தரிப்பூ நிறப் பட்டு. 'கத்தரிப்பூ நிற சேலை' என்று ஒற்றில்லாமல் எழுதுவது இன்று எங்கும் காணப்படும் பிழை. வீட்டுப் பேச்சில் நிறம் என்ற சொல்லே உதிர்ந்துபோகும். "அந்தக் கத்திரிப்பூவ எடு, இஸ்திரி போட்டுடலாம்" என்றால் சேலையைத்தான் சொல்கிறார்கள் என்று எல்லாருக்கும் தெரியும்.

இப்படி நிறத்துக்கு ஒரு பொருளையே பெயராக்குவது தமிழில் பழைய பழக்கம். உவமை தோன்றும் வழிகளைத் தொல்காப்பியம் வினை, பயன், மெய், உரு என்று நான்காக வகுக்கிறது. உரு என்பது நிறம். மாந்துளிர், கிளிப்பச்சை, மயில்கழுத்து, எலுமிச்சை மஞ்சள், வெங்காய நிறம், வாடாமல்லி என்று நெசவாளரும் சேலை வியாபாரியும் வைத்திருக்கிற பட்டியல் முழுவதும் உரு உவமைதான். இதில் வெங்காயத்தையும் கத்தரிப்பூவையும் சிலர் குழப்பிக்கொள்வார்கள். வெங்காய நிறம் தோலின் நிறம், சிவப்புப் பக்கம் சாயும். கத்தரிப்பூ நீலப் பக்கம் சாயும். இரண்டையும் பகல் வெளிச்சத்தில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஐயமே வராது. கடையின் குழல்விளக்கில் வைத்தால் வரும், அதனால்தான் அத்தை துணியை வாசலுக்கு எடுத்துவந்து பார்ப்பார். வாடாமல்லி இரண்டுக்கும் அப்பாற்பட்டது, செம்மை ஏறிய அழுத்தமான நிறம். 'மஜந்தா' என்று சொல்லும் இடத்தில் பெரும்பாலும் வாடாமல்லி என்றே சொல்லலாம்.

ஊதா என்ற சொல் இருக்கும்போது கத்தரிப்பூ எதற்கு என்று கேட்கிறவர்கள் உண்டு. ஊதா உருது வழியாகத் தமிழுக்கு வந்த சொல். அது குற்றமில்லை, நன்றாக ஊன்றிவிட்ட சொல். சிக்கல் வேறிடத்தில். ஊதா எதைக் குறிக்கிறது என்பதில் தமிழ்நாட்டுக்குள்ளேயே ஒற்றுமை இல்லை. பள்ளியில் நாங்கள் நீல மை போட்ட பேனாவை 'ஊதாப் பேனா' என்றுதான் சொல்வோம். இன்னொரு ஊர்க்காரரிடம் ஊதா என்றால் அவர் நாவல்பழத்தை நினைப்பார். பாடநூலில் அது வானவில்லின் ஓர நிறம். ஒரு சொல் மூன்று நிறத்துக்கு. கத்தரிப்பூ என்று சொல்லிவிட்டால் இந்தத் தடுமாற்றம் இல்லை, செடியைக் காட்டினால் போதும்.

ஆனாலும் எல்லா ஊதாவையும் கத்தரிப்பூவாக மாற்றிவிடக் கூடாது. இயற்பியலில் ஊதா என்பது ஓர் அலைநீளப் பகுதி. கண்ணுக்குத் தெரியும் ஒளியில் ஏறத்தாழ 380 முதல் 450 நானோமீட்டர் வரை. அதற்கு அப்பால் இருப்பது புற ஊதா. நிலைத்துவிட்ட நல்ல கலைச்சொல் அது. கத்தரிப்பூவின் நிறம் ஒற்றை அலைநீளம் அல்ல, பல ஒளிகள் கலந்து வெள்ளையால் தணிந்த நிறம். வானவில்லில் அதைத் தேட முடியாது. ஆக வானவில்லுக்கு ஊதா, துணிக்கும் பூவுக்கும் அந்திவானத்துக்கும் கத்தரிப்பூ.

பழந்தமிழில் இந்த நிறத்துக்குத் தனிப் பெயர் இருந்ததா என்று தேடினால் கிடைப்பது வேறொன்று. நீலம், கருமை இரண்டுக்கும் நடுவே இருப்பதையெல்லாம் கருமையோடு சேர்த்துப் பார்த்திருக்கிறார்கள். காயா மலர் நீல ஊதா. முல்லைப்பாட்டு அதை 'செறியிலைக் காயா அஞ்சனம் மலர' என்கிறது. பூவை மைக்கு ஒப்பாக்குகிறது. மாயோனின் மேனியைக் காயாம்பூ வண்ணம் என்றதும் அந்தக் கருமையை நினைத்துத்தான். குறிஞ்சிப் பூவைப் பாடும் குறுந்தொகைப் பாட்டு 'கருங்கோற் குறிஞ்சி' என்று தண்டின் நிறத்தைச் சொல்கிறது, பூவின் நிறத்தைச் சொல்லவில்லை. 12 ஆண்டுக்கு ஒருமுறை நீலகிரிச் சரிவை மூடும் அந்தப் பூவைப் பார்த்துவிட்டு வருகிறவர்கள் இன்று "மலையே கத்திரிப்பூ கலரா இருந்துச்சு" என்கிறார்கள். சங்கப் புலவர் சொல்லாமல் விட்ட நிறத்துக்கு ஒரு பெயர் கிடைத்துவிட்டது, அதுவும் வீட்டுக் கொல்லையிலிருந்து.

ஊதாச் சாயல்களுக்குப் பூவின் பெயரை இடுவது நமக்கு மட்டுமே உரிய வழக்கமும் அல்ல. 1856இல் லண்டனில் 18 வயது வில்லியம் பெர்க்கின் என்ற மாணவர் மலேரியாவுக்கான குயினைனைச் செயற்கையாகச் செய்யப் போய், தார் எண்ணெயிலிருந்து ஓர் ஊதாச் சாயத்தைக் கண்டார். அதுவே பெருமளவில் விற்ற முதல் செயற்கைச் சாயம். அதற்கு நின்ற பெயர் 'மோவ்'. பிரெஞ்சு மொழியில் அது ஒரு பூச்செடியின் பெயர், நம் துத்தியும் செம்பருத்தியும் சேர்ந்த குடும்பத்துச் செடி. 'வயலட்' ஒரு பூ. லாவண்டர் ஒரு பூ. 'லைலாக்' ஒரு பூ. இதில் லைலாக் சொல்லின் பயணம் எனக்கு மிகப் பிடித்தது. அரபி வழியே பாரசீகத்தின் 'நீலக்' என்ற சொல்லுக்குப் போகிறது, அங்கிருந்து வடமொழி நீலத்துக்கு. ஜவுளிக்கடை அட்டையில் புதுச் சொல்லாக அச்சாகி வருகிற லைலாக், நாம் நாள்தோறும் சொல்லும் நீலத்தின் உறவுதான்.

ஆக, லாவண்டர், லைலாக், மோவ் என்று மூன்று பெயரில் விற்கும் வெளிர் ஊதாக்களுக்கு நம் பக்கத்துச் சொல் கத்தரிப்பூ. அவற்றுக்குள் நுண்ணிய வேறுபாடு காட்ட வேண்டுமானால் இளங்கத்தரிப்பூ, அடர் கத்தரிப்பூ என்று அடை சேர்த்துக்கொள்ளலாம். 'பர்ப்பிள்' என்று வரும் அடர்நிறத்துக்கு இலங்கைத் தமிழர் சொல்லும் 'நாவல் நிறம்' அருமையான சொல், நாமும் எடுத்துக்கொள்ளத் தக்கது. 'இண்டிகோ'வுக்கு அவுரி நீலம். மொழிபெயர்ப்பில் 'லாவண்டர் நிறத் திரைச்சீலை' என்று வரும்போது, கதை பிரான்சின் லாவண்டர் வயல்களில் நடந்தால் அப்படியே விடுவது நல்லது. மதுரையில் நடந்தால் கத்தரிப்பூ என்று எழுத வேண்டும்.

செடியின் பெயரைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். கத்தரிக்குப் பழைய தமிழ்ப் பெயர் வழுதுணை. 'வரகரிசிச் சோறும் வழுதுணங்காய் வாட்டும்' என்று தனக்கு இட்ட விருந்தை ஔவை பாடிய தனிப்பாடல் பலருக்கும் நினைவிருக்கும். மலையாளத்தில் இன்றும் வழுதனங்கா. வடமொழியின் வாதிங்கணத்துக்கு மூலம் இந்தத் திராவிடச் சொல்லாகவே இருக்க வேண்டும் என்பது மொழியியலாளர் பலரின் கருத்து. அது பாரசீகத்தில் பாதிங்கான், அரபியில் பாதின்ஜான், போர்த்துக்கீசியத்தில் பெரின்ஜேலா ஆகி, இந்திய ஆங்கிலத்துக்குப் பிரிஞ்சால் என்று வந்து சேர்ந்தது. இன்னொரு கிளை ஸ்பெயினின் கட்டலான் மொழி வழியே பிரெஞ்சு ஆபர்ஜின் ஆயிற்று. தமிழ்நாட்டில் மட்டும் வழுதுணை ஒதுங்கிக் கத்தரி மேலே வந்துவிட்டது. நிறச் சொல்லும் கத்தரியிலிருந்தே பிறந்தது, 'வழுதுணம்பூ நிறம்' என்று யாரும் சொல்வதில்லை. இப்போது புதிதாகச் சொல்லத் தொடங்கவும் தேவையில்லை.

கத்தரி வெயில் என்பதையும் சிலர் இச்செடியோடு சேர்த்துவிடுகிறார்கள். அதற்கும் இதற்கும் உறவில்லை. சூரியன் கார்த்திகை நட்சத்திரத்தை ஒட்டிக் கடக்கும், சித்திரைக் கடைசியிலிருந்து வைகாசி நடு வரையான நாள்களுக்கு உரிய பெயர் அது. "காதலாவது கத்தரிக்காயாவது" என்பது இந்தச் செடியின் காய்தான். பொருளால் வந்ததல்ல, மோனையால் வந்தது. காதலுக்கு மோனை பொருந்த எதிரே நிற்க ஒரு சாதாரணப் பொருள் வேண்டியிருந்தது, சமையலறையில் கைக்கெட்டிய காய் கிடைத்தது. காயை அற்பத்துக்கு உவமை சொன்ன அதே மக்கள் பூவை அழகுக்கு உவமை சொன்னார்கள். "முகூர்த்தத்துக்கு அரக்கு, வரவேற்புக்குக் கத்திரிப்பூ" என்று கல்யாணப் பட்டெடுக்கும்போது பெண் வீட்டார் பேசிக்கொள்வதைக் கேட்டிருக்கிறேன்.

அத்தையின் ஜாக்கெட் தைத்து வந்துவிட்டது. வந்த அன்று அதை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனேன். தொட்டியில் அன்று மூன்று பூ விரிந்திருந்தது. ஒன்றைத் திருப்பிப் பிடித்து, கைப்பகுதித் துணியை அதன் அருகில் வைத்தேன். துணி ஒரு நூல் அளவுக்கு நீலமாக இருந்தது. கீழே வந்து சொன்னேன். அத்தை துணியை வாங்கி வெளிச்சத்தில் பார்த்துவிட்டு, "காலையில மலர்ந்த பூ அப்படித்தான் இருக்கும். நாளைக்குப் போய்ப் பாரு, வெளுத்திருக்கும். நான் எடுத்தது முதல் நாள் பூ" என்றார்.