கடலைக் கடைசியில் வைக்காதீர்கள்

சென்னையில் ஒரு நாள் டூர் என்றால் எல்லாருக்கும் ஒரே வரிசைதான் மனப்பாடம். காலை ஒன்பது மணிக்கு ஓட்டல் வாசலில் வேன் வரும். கபாலீசுவரர் கோவில், சாந்தோம் தேவாலயம், மெரினாவில் இறங்கி நாலு போட்டோ. அப்புறம் ஈ.சி.ஆர். பிடித்து முட்டுக்காடு, முதலைப் பண்ணை. இரண்டு மணிக்கு மாமல்லபுரத்தில் மீன் சாப்பாடு, மூன்று மணி வெயிலில் ஐந்து ரதம், கடற்கரைக் கோவில், சிற்பக் கடை. ஐந்தரைக்குக் கடலில் கால் நனைத்துவிட்டு இருட்டில் திரும்பி வரவேண்டியது.

நானும் பல வருஷம் இந்த வரிசையில்தான் ஆட்களைக் கூட்டிக்கொண்டு போனேன். ஆறு பேர், எட்டு பேர், மிஞ்சிப்போனால் பத்துப் பேர் கொண்ட சின்னக் குழுக்கள். உரிமம் பெற்ற வழிகாட்டி நான். இத்தனை வருஷத்தில் என் குழுக்களில் மயங்கி விழுந்தது, கால் பிசகியது, கடலில் இழுபட்டது என்று எதை எடுத்துப் பார்த்தாலும், ஒன்றிரண்டு தவிர எல்லாமே மூன்று மணிக்கு மேல் நடந்தவை. இது புரிந்த பிறகு வரிசையையே தலைகீழாக்கிவிட்டேன்.

ஒரு சம்பவத்தைச் சொல்லிவிடுகிறேன். ஏழு பேர் வந்திருந்தார்கள். அதில் இரண்டு பேர் கல்லூரி முடித்த பையன்கள், கடலே இல்லாத ஊர்க்காரர்கள். சாயங்காலம் ஐந்தே முக்கால் இருக்கும். நாள் முழுக்க அலைந்த களைப்பு, வயிறு நிறைய வறுத்த மீன், காலில் ஜீன்ஸ். "முழங்கால் வரைக்கும்தான் அக்கா" என்றார்கள். இந்த வாக்கியத்தைக் கேட்டாலே எனக்கு இப்போதும் அடிவயிறு கலங்கும்.

முழங்கால் அளவுத் தண்ணீரில் நிற்பவர் மேல் அலை வந்து மோதும்போது ஒன்றும் ஆவதில்லை. திரும்பிப் போகும்போதுதான் காலடி மண்ணைச் சுரண்டிக்கொண்டு போகிறது. ஒரு பையன் உட்கார்ந்த மாதிரி விழுந்தான். எழுந்திருப்பதற்குள் அடுத்த அலை வந்துவிட்டது. நனைந்த ஜீன்ஸ் என்ன கனம் கனக்கும் என்று துவைத்தவர்களுக்குத் தெரியும். மூன்றாவது அலையில் அவன் இடுப்பளவு ஆழத்தில் இருந்தான், முகம் எங்களைப் பார்த்து, உடம்பு பின்பக்கமாகப் போய்க்கொண்டே. கத்தக்கூட இல்லை. முங்குகிறவர்கள் சினிமாவில்தான் கையை ஆட்டிக் கத்துவார்கள். நிஜத்தில் மூச்சு விடவே வாய் போதாது.

வலை பிரித்துக்கொண்டிருந்த ஒரு மீனவர் எங்கள் கூச்சல் கேட்டு ஓடி வந்தார். அவர் தண்ணீரில் குதிக்கவில்லை. படகில் கிடந்த காலி பிளாஸ்டிக் கேனைக் கயிற்றோடு வீசினார். பையன் அதைக் கட்டிக்கொண்டான். நாலு பேர் சேர்ந்து இழுத்தோம். கரைக்கு வந்து உப்புத் தண்ணீரைக் கக்கியதும் "ஒண்ணுமில்ல, போலாம்" என்றான். விடவில்லை, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய்விட்டுத்தான் திரும்பினோம். நுரையீரலுக்குள் தண்ணீர் போயிருந்தால் மூச்சுத்திணறல் சில மணி நேரம் கழித்தும் வரலாம். இருமல் நிற்கவில்லை, மூச்சு வாங்குகிறது, ஆள் சோர்ந்து தூங்கி வழிகிறார் என்றால் வீட்டுக்குப் போகக் கூடாது.

அந்த இடத்தில் என்ன நடந்தது என்று பிறகு மீனவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அலைகள் கரைக்குக் கொண்டுவந்து கொட்டும் தண்ணீர் எப்படியாவது திரும்பிப் போயாக வேண்டும். எல்லா இடத்திலும் சமமாகப் போகாது, பள்ளமான ஒரு வாய்க்கால் பார்த்து மொத்தமாகப் போகும். அந்த இடத்தில் அலை உடையாது, நுரை இருக்காது. இரண்டு பக்கமும் வெள்ளை வெள்ளையாக அலை அடிக்கும்போது நடுவில் மட்டும் கொஞ்சம் கறுப்பாக, அமைதியாக ஒரு பட்டை தெரியும். நீச்சல் தெரியாதவர் கண்ணுக்கு அதுதான் பாதுகாப்பான இடமாகப் படும். குடும்பத்தோடு அங்கேதான் போய் இறங்குவார்கள். தூண்டில் வளைவு (கடலுக்குள் நீட்டிக் கட்டிய கல் தடுப்பு), பாலம், கடலரிப்பைத் தடுக்கக் கொட்டிய பாறாங்கல் இவற்றை ஒட்டியும் இந்த இழுப்பு இருக்கும். கடற்கரைக் கோவிலைச் சுற்றி அப்படிக் கற்கள் கிடக்கின்றன. பாசி பிடித்து வழுக்கவும் வழுக்கும்.

மாட்டிக்கொண்டால் கரையைப் பார்த்து எதிர்நீச்சல் போடக் கூடாது. நீச்சல் வீரரே அதில் தோற்றுப்போவார். இழுப்பு ஆளைத் தண்ணீருக்குள் அமுக்குவதில்லை, வெளியே கொண்டுபோகிறது, அவ்வளவுதான். மல்லாந்து மிதந்து, கரைக்கு இணையாகப் பக்கவாட்டில் நகர்ந்து, அலை உடையும் இடத்துக்கு வந்துவிட்டால் அலையே கரைக்குத் தள்ளிவிடும். கரையில் இருப்பவர்கள் மிதக்கும் எதையாவது வீச வேண்டும். மூடி போட்ட காலித் தண்ணீர் கேன் போதும். 108-ஐயும், கடலோரப் பாதுகாப்புக் குழுமத்தின் 1093-ஐயும் கூப்பிட வேண்டும். பழக்கமில்லாதவர் பின்னாலேயே குதித்தால் ஒன்றுக்கு இரண்டு ஆகும்.

பெசன்ட் நகர் எலியட்ஸ் கடற்கரையில் வெள்ளையாக ஒரு வளைவு நிற்கிறதே, எல்லாரும் அதன் முன்னால் நின்று போட்டோ எடுப்பார்கள். அது ஷ்மிட் நினைவுச்சின்னம். 1930 டிசம்பர் 30 அன்று, மற்றவர்களைக் காப்பாற்றப் போய் அந்த இடத்துக்கருகில் மூழ்கி இறந்தவருக்காக எழுப்பியது. கல்வெட்டிலேயே அப்படித்தான் எழுதியிருக்கிறது. என் குழுவில் இளவட்டங்கள் இருந்தால் அங்கே இரண்டு நிமிஷம் நிறுத்தி அதைப் படிக்கச் சொல்வேன். டிசம்பர் என்பதையும் கவனிக்கச் சொல்வேன். அக்டோபர் முதல் டிசம்பர் வரை வாடைக்காற்றுக் காலம். நம் பக்கத்துக் கடல் அப்போது வேறு கடல்.

காற்றே இல்லாத நாளிலும் ஆபத்து உண்டு. எங்கோ தென் கோடியில், இந்தியப் பெருங்கடலில் அடித்த புயலின் அலை நாள்கணக்கில் பயணம் செய்து இங்கே வந்து சேரும். கள்ளக்கடல் என்று பெயர். 2024 மே மாதம் கன்னியாகுமரி மாவட்டக் கடற்கரை ஒன்றில் ஐந்து மருத்துவ மாணவர்கள் இறந்தது இப்படி ஒரு எச்சரிக்கைக் காலத்தில்தான். ஐதராபாத்தில் இருக்கும் இன்காய்ஸ் மையம் இந்த எச்சரிக்கைகளை வெளியிடுகிறது. டூருக்கு முந்தின நாள் ராத்திரி அதைப் பார்க்காமல் நான் படுப்பதில்லை.

சரி, கடலை விடுவோம். எண்ணிக்கையில் பார்த்தால் என் குழுக்களில் அதிகம் நடந்தது மயக்கம்தான். பெரும்பாலும் பெண்கள். காரணம் வெயில் என்று எல்லாரும் சொல்வார்கள், பாதிதான் சரி. நானும் பெண் என்பதால் மீதிப் பாதியை என்னிடம் சொல்வார்கள். காலையிலிருந்து தண்ணீரே குடித்திருக்க மாட்டார்கள். குடித்தால் கழிப்பறை தேட வேண்டுமே! ஒரு அம்மா, அறுபது வயசிருக்கும், ரதங்களுக்கு நடுவே மணலில் அப்படியே சரிந்தார். பையில் ஒரு லிட்டர் பாட்டில், மூடியின் சீல்கூட உடையாமல் இருந்தது. "வேனை நிறுத்தச் சொல்றதுக்குக் கூச்சமா இருந்துச்சும்மா" என்றார், கண் விழித்ததும். வேனில் எட்டுப் பேர், அதில் நாலு பேர் முன்பின் தெரியாதவர்கள். சின்னக் குழுவில் இருக்கும் சங்கடமே இதுதான். ஐம்பது பேர் போகும் பஸ்ஸில் யாரும் யாரையும் கவனிப்பதில்லை. இங்கே ஒருவருக்காக நிறுத்தினால் மற்ற ஏழு பேரும் திரும்பிப் பார்ப்பார்கள்.

அதனால் இப்போது யாரும் கேட்கக் காத்திருப்பதில்லை. ஒன்றரை மணி நேரத்துக்கு ஒரு தடவை, கழிப்பறை எங்கே சுத்தமாக இருக்குமோ அங்கே நானே வண்டியை நிறுத்தச் சொல்லி முதல் ஆளாக இறங்கிவிடுவேன். பின்னாலேயே எல்லாரும் வருவார்கள். நீங்கள் டூர் பதிவு செய்யும்போது "எத்தனை இடம் காட்டுவீர்கள்?" என்று கேட்பதற்கு முன்னால் "கழிப்பறைக்கு எங்கெங்கே நிறுத்துவீர்கள்?" என்று கேளுங்கள். பதிலிலேயே ஆள் எப்படி என்று தெரிந்துவிடும்.

சர்க்கரை நோயாளிகளுக்கு இன்னொன்று. மாத்திரையோ ஊசியோ போட்டுக்கொண்டபின் சாப்பாடு தள்ளிப்போகக் கூடாது. மீன் கடையில் ஆர்டர் கொடுத்து முக்கால் மணி நேரம் காத்திருப்பதெல்லாம் சகஜம், அதற்குள் கை நடுங்க ஆரம்பித்துவிடும். பையில் குளுக்கோஸோ நாலு மிட்டாயோ இருக்கட்டும். இன்சுலினை நிறுத்தி வைத்த வேனுக்குள் விட்டுவிட்டு இறங்காதீர்கள்.

இப்போது என் வரிசை. காலை ஐந்தரைக்குக் கிளம்பிவிடுவோம். முதலில் எல்லாரும் முணுமுணுப்பார்கள். ஏழு மணிக்கு முன்னால் மாமல்லபுரம். சின்னங்களைக் காலை ஆறு மணிக்கே திறந்துவிடுகிறார்கள் என்பது பாதிப் பேருக்குத் தெரியாது. நம்மவர்களுக்கு டிக்கெட் 40 ரூபாய், பதினைந்து வயசுக்குட்பட்ட பிள்ளைகளுக்கு இல்லை. அதே டிக்கெட்டில் கடற்கரைக் கோவிலையும் ஐந்து ரதத்தையும் பார்த்துவிடலாம். கல் இன்னும் சூடேறியிருக்காது. கடற்கரைக் கோவில் கிழக்குப் பார்த்த இடம். வெளிச்சம் கடல் பக்கமிருந்து நேராக வந்து விழும். "பீச்சில் சூரிய அஸ்தமனம் பார்க்கணும்" என்று கேட்டு வருகிறவர்களுக்கு ஒரு சேதி: இது கிழக்குக் கடற்கரை, சூரியன் நம் முதுகுக்குப் பின்னால், ஊருக்குள் மறையும். சாயங்காலம் கடலில் கிடைப்பது இருட்டு மட்டும்தான்.

எட்டு மணிக்கு அர்ஜுனன் தபசு. பகீரதன் தபசு என்றும் சொல்வார்கள், அந்த வழக்கு இன்னும் தீரவில்லை. இங்கே நான் அரை மணி நேரத்துக்குக் குறையாமல் நிற்பேன். தந்தம் தெரிய நிற்கும் பெரிய யானையைப் பார்த்துவிட்டு எல்லாரும் நகர்ந்துவிடுவார்கள். யானையின் காலடிக்குப் பக்கத்தில் ஒரு பூனை இருக்கிறது. இரண்டு முன்னங்கால்களையும் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு, விலா எலும்பு தெரிய, தபசு செய்கிறது. சுற்றிலும் எலிகள். மேலே தவம் செய்யும் முனிவரை அப்படியே நக்கல் அடித்திருக்கிறான் அந்தச் சிற்பி. இன்னொரு இடத்தில் பின்னங்காலால் மூக்கைச் சொறிந்துகொள்ளும் மான். பழைய வரிசையில் போனபோது மூன்று மணி வெயிலில் இதைக் காட்டினால் பத்தில் எட்டுப் பேர் எதிர் நிழலில் நின்று மோர் குடித்துக்கொண்டிருப்பார்கள்.

காலைச் சிற்றுண்டி முடித்து வடக்கே திரும்பினால் சாளுவன்குப்பம் புலிக்குகை. பக்கத்திலேயே, 2004 சுனாமிக்குப் பிறகு தோண்டி எடுத்த முருகன் கோவிலின் செங்கல் அடித்தளம். கால் மணி நேரம் போதும். பத்து மணிக்குக் கோவளம். சுத்தமும் பாதுகாப்பும் பார்த்துக் கொடுக்கும் சர்வதேச நீலக்கொடிச் சான்று பெற்ற கடற்கரை, 2021-இல் கிடைத்தது. குளிக்க எல்லை கட்டிவிட்ட பகுதி, உயிர்க்காப்பாளர், உடை மாற்ற அறை எல்லாம் உண்டு. கடலில் இறங்குவது இங்கே மட்டும்தான், அதுவும் உயிர்க்காப்பாளர் சரி என்று சொன்னால். வேண்டாம் என்றால் மணலில் உட்கார்ந்து சுண்டல் சாப்பிட்டுவிட்டுக் கிளம்புவோம். காசு கொடுத்தோமே என்று சண்டை போட்டவர்களும் உண்டு. போடட்டும். ஜீன்ஸ், புடவை, நீளத் துப்பட்டாவோடு யாரையும் இறங்க விடுவதில்லை. வயிறு நிறையச் சாப்பிட்டவரும் வேண்டாம். குடித்தவரைப் பற்றிச் சொல்லவே வேண்டியதில்லை. மெரினாவில் குளிக்கத் தடை இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டே இறங்குகிறவர்கள் தினமும் இருக்கிறார்கள்.

பதினொன்றரைக்கு முட்டுக்காடு தட்சிணசித்ரா. உச்சி வெயில் நேரத்துக்கு இதைவிடத் தோதான இடம் இந்தச் சாலையில் இல்லை. செட்டிநாட்டு வீடு, கேரளத்து மரவீடு என்று பழைய வீடுகளைப் பெயர்த்துக் கொண்டுவந்து எழுப்பியிருக்கிறார்கள். திண்ணையில் சாய்ந்தால் காற்று வரும், சாப்பாடும் உள்ளேயே கிடைக்கும். செவ்வாய்க்கிழமை விடுமுறை. முதலைப் பண்ணைக்குத் திங்கள், எழும்பூர் அருங்காட்சியகத்துக்கும் கோட்டை அருங்காட்சியகத்துக்கும் வெள்ளி. இதைப் பார்க்காமல் தேதி குறித்துவிட்டு மூடிய கேட்டின் முன்னால் நிற்பவர்களை மாதம் ஒரு தடவையாவது பார்க்கிறேன்.

பழைய வரிசை ஏன் மாறவில்லை என்று கேட்பீர்கள். ஒன்பது மணிக்குக் கிளம்பினால் வாடிக்கையாளருக்குச் சுகம். இன்னொன்றும் இருக்கிறது, எங்கள் தொழிலில் இருப்பவர்கள் வெளியே சொல்ல மாட்டார்கள். களைத்துப் போன ஆள் சிற்பக் கடையில் ஏ.சி.க்குக் கீழே உட்கார்ந்ததும் பேரம் பேச மாட்டார். கமிஷன் அங்கே இருக்கிறது. கடைக்குப் போகவே வேண்டாம் என்று சொல்லவில்லை. மாமல்லபுரம் கல் சிற்பத்துக்குப் புவிசார் குறியீடே இருக்கிறது. காலையில், தெளிவான தலையோடு போங்கள். கருங்கல்லா மாக்கல்லா என்று கேளுங்கள். நகத்தால் கீறினால் மாக்கல்லில் கோடு விழும். மீனும் அப்படித்தான். எடை போட்டு, மொத்த விலையைப் பேசிவிட்டு, அப்புறம் எண்ணெயில் போடச் சொல்லுங்கள்.

வண்டியில் ஏறும் முன் நம்பர் பிளேட்டைப் பாருங்கள். வாடகை வண்டி என்றால் மஞ்சள் பலகையில் கறுப்பு எழுத்து, மின்சார வண்டியானால் பச்சைப் பலகையில் மஞ்சள் எழுத்து. வெள்ளைப் பலகை வண்டியை வாடகைக்கு ஓட்டுவது சட்டப்படி தப்பு, விபத்து நடந்தால் காப்பீடு கைவிரித்துவிடும். டிரைவர் முந்தின ராத்திரி எங்கே ஓட்டினார் என்றும் கேளுங்கள். கோபித்துக்கொள்ள மாட்டார்கள். என்னோடு வழக்கமாக வரும் அண்ணன் ஒரு தடவை தானே சொன்னார்: "ராத்திரி திருப்பதி சவாரி போயிட்டு வந்தேம்மா, இன்னிக்கு வேற ஆளை வெச்சுக்கோ." அன்றிலிருந்து அவர் வண்டியைத் தவிர வேறு வண்டி நான் எடுப்பதில்லை.

நாலரைக்கு மயிலாப்பூர். மதியம் மூடிய நடை மறுபடி திறந்திருக்கும். பிரகாரத்துக் கல்லில் வெறும் காலோடு நடக்க முடியும். குளத்தங்கரையில் உட்கார்ந்து ஆளுக்கொரு காபி குடித்துவிட்டு ஆறரைக்கெல்லாம் வீடு, ஓட்டல் என்று பிரிந்துவிடுவோம். கோவளத்தில் நனைத்து வேன் ஜன்னல் ஓரம் போட்ட துண்டுகள் அதற்குள் மொரமொரவென்று காய்ந்திருக்கும். இறங்கும்போது மறக்காமல் எடுத்துக்கொள்ளச் சொல்வேன். எப்படியும் ஒன்று மிச்சமாகிவிடும்.