"பஸ்ஸில்தானே போகிறார்கள் டாக்டர், நடக்கவா போகிறார்கள்?" அம்மா அப்பாவை கேன்யன் டூருக்கு அனுப்பும் முன்

மே மாதம் தொடங்கிவிட்டால் லாஸ் வேகஸில் என் கிளினிக்கில் இந்தக் கேள்வி வந்துகொண்டே இருக்கும். கேட்பவர் மகனாகவோ மகளாகவோ இருப்பார். ஊரிலிருந்து விசிட்டர் விசாவில் வந்த அம்மா அப்பா பக்கத்தில் உட்கார்ந்திருப்பார்கள். பிரஷர் மாத்திரை தீரப்போகிறது என்று சீட்டு வாங்க வந்திருப்பார்கள். கிளம்பும் நேரத்தில், "நாளை மறுநாள் ஒரு நாள் பஸ் டூர் போகிறார்கள், எங்களுக்கு லீவு இல்லை" என்று சேதி வரும். டிக்கெட் ஏற்கெனவே போட்டாயிற்று.

என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் போவது இரண்டு டூர்களுக்கு. ஒன்று, அரிசோனாவில் உள்ள கிராண்ட் கேன்யன் தேசியப் பூங்காவின் தெற்கு விளிம்பு; இங்கிருந்து சுமார் 450 கிலோமீட்டர். இன்னொன்று, யூட்டாவில் ஸயான், பிரைஸ் கேன்யன் என்ற இரண்டு தேசியப் பூங்காக்களையும் ஒரே நாளில் பார்ப்பது. பிரைஸ் மட்டுமே சுமார் 420 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. போகவர எண்ணூறைத் தாண்டிவிடும். சென்னையிலிருந்து கன்னியாகுமரிக்குப் போவதைவிட அதிகம். காலை ஆறு மணிக்கு பஸ் எடுத்தால் இரவு எட்டு ஒன்பதுக்குத்தான் திரும்பி வரும். கிராண்ட் கேன்யனிலேயே கண்ணாடி நடைபாதை உள்ள மேற்கு விளிம்பு வேறு. அது ஹுவாலபாய் பழங்குடியினரின் நிலம், தேசியப் பூங்காவைச் சேர்ந்ததில்லை. தூரமும் உயரமும் குறைவு. முடியாத உடம்புக்கு அது தேவலை என்று நானே சொல்வதுண்டு.

ஆபத்தெல்லாம் பள்ளத்தாக்கின் ஓரத்தில் இருப்பதாகத்தான் எல்லோரும் நினைக்கிறார்கள். ஓரமாகப் போகாதே, செல்ஃபி எடுக்காதே என்று திரும்பத் திரும்பச் சொல்லி அனுப்புகிறார்கள். சொல்ல வேண்டியதுதான். ஆனால் டூர் முடிந்து என்னிடம் வருபவர்களில் பலருக்குத் தொந்தரவு காலை ஐந்து மணிக்கே, வீட்டை விட்டு இறங்கும் முன்பே தொடங்கியிருக்கிறது.

முதலில் பாத்ரூம் விஷயம். இதைப் பேச எல்லோருக்கும் கூச்சம், அதனால் நானே ஆரம்பித்துவிடுவேன். பயணம் என்றாலே நம் அம்மாக்கள் தண்ணீரைக் குறைத்துவிடுவார்கள். ஊரில் நெடுஞ்சாலைக் கழிப்பறைகளைப் பார்த்துப் பயந்து வந்த பழக்கம் அது. இந்த பஸ்களில் பெரும்பாலும் பின்னால் ஒரு கழிப்பறை இருக்கும். ஆனால் ஓடும் வண்டியில் எழுந்து, ஒவ்வொரு சீட்டாகப் பிடித்துக்கொண்டு போய், அந்தக் குறுகலான கதவுக்குள் புடவையோடு நுழைய யாருக்கு மனசு வரும்? ஆக, காலையில் அரை டம்ளர் காபி, அப்புறம் மதியம் வரை தொண்டையை நனைக்க இரண்டு மடக்கு. அவ்வளவுதான்.

எழுபதை நெருங்கும் ஒரு அம்மா, பிரைஸில் சன்செட் பாயின்ட் பெஞ்சிலிருந்து எழுந்தவர் அப்படியே சரிந்துவிட்டார். பக்கத்தில் இருந்தவர்கள் தாங்கிப் பிடித்ததால் அடி படவில்லை. மறுநாள் என்னிடம் வந்தார். "எனக்கு வியர்க்கவே இல்லையே டாக்டர், நல்ல காற்று, ஜில்லென்றுதான் இருந்தது" என்றார். அன்று எடுத்த போட்டோக்களை மகள் போனில் காட்டினார். கருநீலக் குர்த்தாவின் முதுகிலும் அக்குள் பக்கமும் வெள்ளை வெள்ளையாக வளைகோடுகள். எல்லாம் உப்பு. வியர்த்திருக்கிறது, நன்றாகவே வியர்த்திருக்கிறது. ஈரமாகத் தங்கவில்லை, அவ்வளவுதான்.

சென்னையில் வியர்வை வழிகிறது, துடைக்கிறோம், தண்ணீர் கேட்கிறோம். இங்கே கோடையில் காற்றின் ஈரப்பதம் பத்து சதவீதத்துக்கும் கீழே போவது சாதாரணம். வியர்வை வந்த வேகத்தில் ஆவியாகிவிடும். உடம்பு நீரை இழப்பது கண்ணுக்கும் தெரியாது, கைக்கும் தட்டுப்படாது. வயதானவர்களுக்குத் தாக உணர்வும் மந்தம். அதனால் தாகம் எடுத்தால் குடிக்கலாம் என்ற கணக்கு இங்கே உதவாது. பஸ்ஸில் இருக்கும்போது மணிக்கு ஒரு டம்ளர், இறங்கி வெயிலில் நடந்தால் மணிக்கு அரை லிட்டர் என்று கடிகாரத்தைப் பார்த்துக் குடிக்கச் சொல்கிறேன். வண்டி நிற்கும் ஒவ்வொரு இடத்திலும், வந்தாலும் வராவிட்டாலும், கழிப்பறைக்குப் போய்விட்டு வரச் சொல்கிறேன். இதய பலவீனத்துக்கோ சிறுநீரகக் கோளாறுக்கோ தண்ணீர் அளவு குறித்துக் கொடுக்கப்பட்டவர்களுக்கு மட்டும் இந்தக் கணக்கு பொருந்தாது. அவர்கள் தங்கள் டாக்டரிடம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

வெறும் தண்ணீரை மட்டும் லிட்டர் லிட்டராகக் குடிப்பதும் தவறு. ரத்தத்தில் சோடியம் இறங்கிவிடும். தலைவலி, குமட்டல், குழப்பம் என்று பார்க்க வெப்ப அயர்ச்சி மாதிரியே இருக்கும்; மேலும் தண்ணீர் கொடுத்தால் மோசமாகும். கிராண்ட் கேன்யனில் நடப்பவர்களிடம் இது நன்கு தெரிந்த பிரச்சினை. உப்புள்ள தின்பண்டத்தையும் சேர்த்துச் சாப்பிடச் சொல்லிப் பூங்காக்காரர்கள் வற்புறுத்துவது இதற்காகத்தான். ஒரு பொட்டலம் முறுக்கு போதும்.

அடுத்தது மாத்திரை டப்பா. என்னைக் கேட்டால் டூரில் எடுத்துப்போகும் பொருட்களிலேயே கவனமாகப் பார்க்க வேண்டியது இதைத்தான்.

ஊரிலிருந்து வருபவர்களிடம் நான் அடிக்கடி பார்ப்பது டெல்மிசார்டனும் ஹைட்ரோகுளோரோதயசைடும் சேர்ந்த பிரஷர் மாத்திரை. இரண்டாவது சிறுநீரைக் கூட்டி உப்பை வெளியேற்றுவது. சர்க்கரைக்கு டாபாகிளிஃப்ளோசின் அல்லது எம்பாகிளிஃப்ளோசின் எடுப்பவர்களும் நிறைய. அதுவும் சர்க்கரையைச் சிறுநீர் வழியாகத் தள்ளி, கூடவே நீரையும் இழுத்துக்கொண்டு போகும். இப்படி நீர் போய்க்கொண்டிருக்கும் உடம்பில், வழக்கத்தைவிடக் குறைவாகக் குடித்து, பாலைவனக் காற்றில் பதினான்கு மணி நேரம் கழித்தால் எழுந்து நிற்கும்போது ரத்த அழுத்தம் சரியத்தான் செய்யும். இதயத் துடிப்பைக் குறைக்கும் மெட்டோப்ரொலால் போன்ற மாத்திரைகள் எடுப்பவர்களுக்கு அதை ஈடுகட்ட இதயத் துடிப்பும் போதிய வேகத்தில் ஏறாது. பிரைஸில் சரிந்த அந்த அம்மா எடுத்தது இதில் இரண்டு.

அதற்காக மாத்திரையை நீங்களே நிறுத்திவிடாதீர்கள். அன்று காலை எதை எடுப்பது, எதைத் தள்ளிப்போடுவது, எதை அரையாக்குவது என்பது ஆளுக்கு ஆள் மாறும். டிக்கெட் போடும்போதே டாக்டருக்கு ஒரு போன் போடுங்கள். ஊரில் பார்க்கும் டாக்டராக இருந்தாலும் பரவாயில்லை, வாட்ஸ்அப்பில் கேட்டால் போதும்.

சர்க்கரைக்குக் கிளிமிபிரைடு என்ற மாத்திரை எடுப்பவர்கள் விஷயம் வேறு மாதிரி. வழக்கமாக எட்டு மணி இட்லியோடு எடுக்கும் மாத்திரையை, கிளம்பும் அவசரத்தில் ஐந்து மணிக்கே காபியோடு போட்டுக்கொள்வார்கள். டூரில் தரும் மதிய உணவு பெரும்பாலும் குளிர்ந்த சாண்ட்விச். உள்ளே வான்கோழி இறைச்சி இருக்கிறது என்றோ, எது இருக்கிறதென்று தெரியவில்லை என்றோ சைவக்காரர்கள் அப்படியே மூடி வைத்துவிடுவார்கள். ஒன்றரை மணிக்கு ரத்தத்தில் சர்க்கரை இறங்கிக் கை நடுங்கும், வியர்க்கும், பேச்சு குழறும். டூரில் தரும் சாப்பாட்டை நம்பாமல் புளியோதரையோ சப்பாத்தியோ கட்டிக் கொடுங்கள். தயிர் சாதம் வேண்டாம், வெயிலில் புளித்துவிடும். சட்டைப் பையில் நாலு சர்க்கரை மிட்டாய் இருக்கட்டும். பை பஸ்ஸிலேயே தங்கிவிடும், சட்டை கூடவே வரும். இன்சுலின் பேனாவை பஸ்ஸின் அடியில் உள்ள பெட்டி அறையில் வைக்கக் கூடாது. சீட்டிலும் விட்டுவிட்டு இறங்கக் கூடாது. நிறுத்திய வண்டிக்குள் ஏறும் சூட்டில் மருந்து கெட்டுவிடும், வெளியே பார்க்க அப்படியேதான் இருக்கும்.

யூட்டாவுக்குள் நுழைந்ததும் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்னே போய்விடும் என்பதையும் சொல்லி அனுப்புங்கள். போன் தானாக மாறும், கையில் கட்டியிருக்கும் வாட்ச் மாறாது. மாத்திரை நேரத்தைவிட, பஸ் கிளம்பும் நேரத்தில்தான் இது வம்பு. வண்டி போய்விடுமே என்று அறுபத்தைந்து வயதில் மேட்டில் ஓடிவருகிறார்கள்.

உயரத்துக்கு வருகிறேன். லாஸ் வேகஸ் கடல் மட்டத்திலிருந்து 610 மீட்டர். தெற்கு விளிம்பு சுமார் 2,100 மீட்டர், அதாவது கொடைக்கானல் உயரம். பிரைஸின் விளிம்பு 2,400 மீட்டரைத் தாண்டும். அங்கே ரெயின்போ பாயின்ட் 2,778 மீட்டர், நம் தொட்டபெட்டாவையும் மிஞ்சியது. சாலை மெதுவாக ஏறுவதால் மலை ஏறிய உணர்வே இருக்காது. நல்ல உடம்புக்கு ஒரு சின்னத் தலைவலியோடு போய்விடும். இதய பலவீனம், நாட்பட்ட நுரையீரல் அடைப்பு, கடுமையான ரத்தசோகை உள்ளவர்களுக்கு நாலு அடி வைத்தாலே மூச்சு வாங்கும். வேகஸில் 40 டிகிரி கொளுத்தும் நாளில் பிரைஸில் 26, 27 தான் இருக்கும். அந்தக் குளுமையில் தண்ணீர் பாட்டில் மறந்தே போகும். வெயில் மட்டும் குறைந்த மாதிரித் தோன்றினாலும், உயரம் கூடக் கூடப் புற ஊதாக் கதிர் கூடும். தொப்பி கட்டாயம்.

அப்புறம் அந்த இறக்கம். பிரைஸில் நவஹோ லூப் என்ற பாதை சன்செட் பாயின்டிலிருந்து சுமார் 170 மீட்டர் கீழே இறங்கி, இரண்டு கிலோமீட்டருக்குச் சற்றே கூடுதலாகச் சுற்றி மேலே வருகிறது. கைடு ஒரு மணி நேரம் கொடுப்பார். கூட வந்த இளசுகள் கடகடவென்று இறங்குவார்கள். இறங்குவது யாருக்கும் சுலபம். சாதாரண மலையில் களைத்த பிறகு இறக்கம் வரும். கேன்யனில் களைத்த பிறகுதான் ஏற்றமே வரும். கிராண்ட் கேன்யனில் இது இன்னும் மோசம், இறங்க இறங்கச் சூடும் ஏறும். விளிம்புக்கும் அடிக்கும் பத்து டிகிரிக்கு மேல் வித்தியாசம் வரும். கோடையில் காலை பத்து முதல் மாலை நான்கு வரை உள்ளே நடக்க வேண்டாம் என்று பூங்கா நிர்வாகம் எச்சரிக்கிறது. பஸ் உங்களைக் கொண்டுபோய் இறக்கும் நேரம் சரியாக அதுதான். முதியவர்கள் விளிம்பு ஓரத்துத் தட்டையான பாதையிலேயே நடந்தால் போதும். காட்சிக்கு அங்கே ஒரு குறையும் இல்லை.

சரி, பஸ்ஸைப் பற்றியும் சொல்ல வேண்டும். 2019 செப்டம்பர் 20 அன்று பிரைஸ் பக்கத்தில் சீனப் பயணிகள் வந்த டூர் பஸ் கவிழ்ந்து 4 பேர் இறந்தார்கள். 2021 ஜனவரியில் வேகஸிலிருந்து கிராண்ட் கேன்யன் மேற்கு விளிம்புக்குப் போன பஸ் சாய்ந்து விழுந்து ஒருவர் இறந்தார். அமெரிக்காவில் 2016 நவம்பர் இறுதிக்குப் பிறகு தயாரான பெரிய பஸ்களில் தோள்பட்டையோடு கூடிய சீட் பெல்ட் எல்லா இருக்கைகளுக்கும் கட்டாயம். பெல்ட் இருக்கிறது, போடுவதுதான் இல்லை. பஸ்ஸில் பெல்ட்டா என்று சிரிக்கிறார்கள். புக் செய்யும் முன் வண்டியில் தோள்பட்டை பெல்ட் இருக்கிறதா என்று கேளுங்கள். ஓட்டுநர் ஒருவரா இருவரா என்றும் கேளுங்கள். பயணிகள் பஸ் ஓட்டுநர் எட்டு மணி நேர ஓய்வுக்குப் பிறகு அதிகபட்சம் 10 மணி நேரம் ஓட்டலாம், 15 மணி நேரப் பணிக்கு மேல் ஓட்டக் கூடாது என்பது இங்குள்ள மத்திய அரசு விதி. தெற்கு விளிம்புக்குப் போகவர ஒன்பது மணி நேரம் ஓட்ட வேண்டியிருக்கிறது. வழியில் ஒரு மணி நேரம் நெரிசலில் மாட்டினால் விதியின் எல்லைக்கே வந்துவிடுவார், அதுவும் இருட்டில். சீட்டு விலையில் இருபது டாலர் குறைகிறது என்று பார்ப்பவர்கள் இந்தக் கேள்வியையும் கேட்கலாம்.

ஜூலையிலிருந்து செப்டம்பர் வரை மழைக்காலம். குறுகிய பள்ளத்தாக்குகளில், தலைக்கு மேல் நீல வானம் இருக்கும்போதே, எங்கோ பெய்த மழையின் வெள்ளம் வந்துவிடும். 1997 ஆகஸ்ட் 12 அன்று ஆன்டிலோப் கேன்யனில் 11 பேர் போனது அப்படித்தான். கைடு ஓர் இடத்தை ரத்து செய்தால் காசு போச்சே என்று சண்டை பிடிக்காதீர்கள். அணிலுக்குத் தீனி போடுவதும் வேண்டாம். நம் ஊர் அணில் மாதிரி இல்லை, பெரிசு. விரலோடு கடிக்கும், தெள்ளுப்பூச்சி வழியாகப் பிளேக் பரவவும் வாய்ப்புண்டு.

திரும்பி வந்த பிறகும் ஒரு வாரம் கவனியுங்கள். ஊரிலிருந்து இருபது மணி நேரம் விமானத்தில் உட்கார்ந்து வந்து, ஜெட்லாக் தீருவதற்குள் மறுபடி ஒன்பது மணி நேரம் பஸ்ஸில் உட்காருவது கால் ரத்தக் குழாய்களுக்கு நல்லதில்லை, உள்ளே ரத்தம் உறைந்துவிடலாம். வந்த முதல் இரண்டு வாரத்தில் இந்த டூரை வைக்காதீர்கள் என்பது என் கட்சி. ஒரு பக்கக் கெண்டைக்கால் மட்டும் வீங்கி வலித்தால், தைலம் தேய்த்துப் பார்க்க வேண்டாம். அன்றே டாக்டரிடம் காட்டுங்கள். திடீர் மூச்சுத் திணறலோ நெஞ்சு வலியோ வந்தால் உடனே அவசர உதவிக்கு 911. இன்சூரன்ஸ் இல்லையே, பில் எகிறுமே என்று காலை வரை காத்திருந்த குடும்பங்களைப் பார்த்திருக்கிறேன். 1986இல் வந்த எம்டாலா சட்டப்படி, அவசர சிகிச்சைப் பிரிவுக்கு யார் வந்தாலும் பணமோ இன்சூரன்ஸோ பார்க்காமல் பரிசோதித்து, ஆபத்தான நிலையைச் சீராக்கியே ஆக வேண்டும். பில் பின்னால் வரும், பெரிதாகவே வரும். அதனால் டூருக்கு முன்பே இன்சூரன்ஸ் பாலிசியைக் கையில் எடுத்து, ஏற்கெனவே உள்ள நோய் திடீரென்று முற்றினால் அதற்குப் பணம் தருமா, எத்தனை வயது வரை தரும் என்ற இரண்டு வரிகளைத் தேடிப் படித்துவிடுங்கள். பாலிசி எண்ணையும் மாத்திரைப் பட்டியலையும் ஒரே காகிதத்தில் எழுதி அம்மாவின் கைப்பையில் வையுங்கள். அங்கே பல இடங்களில் போன் சிக்னல் கிடைக்காது.