நெல்லுக்கு இறைத்த நீர் கணக்குக்கும் பொசியுமா?

என் அக்காவின் மகளுக்குப் பதினொரு வயது. சனிக்கிழமைக் காலையில் சங்கீத வகுப்பு. சரளி வரிசை என்ற தொடக்கப் பயிற்சியை முதலாம் காலத்தில், அதாவது முதல் வேகத்தில், பாடும்போது எல்லாம் ஒழுங்காகத்தான் போகும். தொடையில் ஒரு தட்டு, சின்னிவிரலில் தொடங்கி மூன்று எண்ணல், பிறகு தட்டு வீச்சு, தட்டு வீச்சு. ஆதி தாளத்தின் 8 எண்ணிக்கைக்கு 8 சுரம். இரண்டாம் காலத்தில் அதே 8 எண்ணிக்கைக்குள் 16 சுரம், மூன்றாம் காலத்தில் 32. இங்கேதான் சிக்கல். குரல் வேகம் பிடித்தவுடன் கையும் அதோடு சேர்ந்து ஓடத் தொடங்கிவிடும். "கை ஓடுது பிள்ளை, கை ஓடுது" என்று ரீச்சர் சொல்லிக்கொண்டே இருப்பார்.

அதே கிழமை ஒரு பரிசளிப்பு விழாவுக்குப் போயிருந்தேன். பிரதம விருந்தினர் பேச்சை முடிக்கும்போது, "சங்கீதம் படிச்ச பிள்ளைக்குக் கணக்குத் தானா வரும், இது விஞ்ஞானம் சொல்லுற உண்மை" என்றார். நல்ல கைதட்டல். எனக்கு முன்னால் இருந்த ஒரு அம்மா பக்கத்திலிருந்த மகனை முழங்கையால் இடித்ததையும் பார்த்தேன்.

விஞ்ஞானம் அப்படிச் சொல்லவில்லை. அது சொல்வது வேறு ஒன்று. என்னைக் கேட்டால், அது இந்தக் கை ஓடும் விஷயத்துக்குள்தான் ஒளிந்திருக்கிறது.

முதலில் கணக்குக் கதை எங்கிருந்து வந்தது என்று பார்ப்போம். 1993 இல் நேச்சர் இதழில் ஒரு சின்ன ஆய்வு வெளிவந்தது. கலிபோர்னியாவில் 36 கல்லூரி மாணவர்களை 10 நிமிடம் மோட்ஸார்ட்டின் பியானோ இசையைக் கேட்க வைத்து, பிறகு இடம், வடிவம் பற்றிய சில புதிர்களைக் கொடுத்தார்கள். அமைதியில் இருந்துவிட்டுச் செய்ததைவிடக் கொஞ்சம் கூடுதலாகவே சரியாகச் செய்தார்கள். அந்தப் பலன் கால் மணித்தியாலத்துக்கு மேல் நிற்கவில்லை. ஆய்வில் பிள்ளைகளே இல்லை. இசை படித்தவர் யார் என்ற கேள்வியும் இல்லை, வெறுமனே கேட்டதுதான். இருந்தும் 1998 இல் அமெரிக்காவின் ஜோர்ஜியா மாநில ஆளுநர், பிறக்கும் ஒவ்வொரு குழந்தைக்கும் இசைத்தட்டுக் கொடுக்கப் பணம் கேட்டார். கதை அங்கிருந்து பரவி நம் விழா மேடைகள் வரை வந்து சேர்ந்தது.

சரி, கேட்பதை விடுவோம். படித்தால்? நம் சொந்தக்காரர் நிறையப் பேர் குடியேறியிருக்கும் ரொறன்ரோப் பக்கத்தில் இதை ஒழுங்காகச் சோதித்தார்கள். ஆறு வயதுப் பிள்ளைகள் 144 பேரைக் குலுக்கல் முறையில் நான்கு குழுக்களாகப் பிரித்தார்கள். ஒரு குழுவுக்கு விசைப்பலகை வாத்தியம், ஒன்றுக்கு வாய்ப்பாட்டு, ஒன்றுக்கு நாடகம், கடைசிக் குழுவுக்கு அந்த வருடம் எதுவும் இல்லை. 2004 இல் முடிவு வெளியானது. இசை படித்தவர்களின் நுண்ணறிவு ஈவு (ஐ.கியூ.) ஏறத்தாழ 7 புள்ளி கூடியிருந்தது. மற்றவர்களுக்கும் 4 புள்ளியளவு கூடியிருந்தது, பாடசாலைக்குப் போகத் தொடங்கும் வயதில் அது எல்லாருக்கும் கூடும். ஆகவே உண்மையான வித்தியாசம் 3 புள்ளிக்கும் குறைவு. நாடகக் குழுவுக்கு ஈவில் விசேடம் எதுவுமில்லை. ஆனால் மற்றவர்களோடு பழகும் விதம் அவர்களிடம் மட்டும் நன்றாக முன்னேறியிருந்தது. இதைப் பிறகு திரும்பத் தொடுகிறேன்.

அப்புறம் 2020 இல், இப்படியான 54 ஆய்வுகளை, ஏறத்தாழ 7,000 பிள்ளைகளின் தரவுகளை, ஒன்றாக வைத்துப் பார்த்தார்கள். ஆய்வு எவ்வளவு கவனமாகச் செய்யப்பட்டதோ அவ்வளவுக்கு அந்தப் பலன் மெலிந்துகொண்டே போனது. நன்றாகச் செய்யப்பட்டவற்றில் கணக்குக்கும் பொது அறிவாற்றலுக்கும் கிடைத்தது கிட்டத்தட்டப் பூச்சியம்.

அப்படியானால் வயலின் வகுப்புக்குப் போகும் பிள்ளைகள் கணக்கிலும் கெட்டிக்காரராக இருப்பதை நாம் பார்க்கிறோமே? பார்க்கிறோம்தான். வயலின் வகுப்புக்குக் காசு கட்டி மோட்டார் சைக்கிளில் கொண்டுபோய் இறக்கும் அப்பாதான், பின்னேரம் கணித ரியூசனுக்கும் கொண்டுபோய் இறக்குகிறார். இரண்டுக்கும் காரணம் அந்த மோட்டார் சைக்கிள்.

நெல்லுக்கு இறைத்த நீர் வாய்க்கால் வழியோடிப் புல்லுக்கும் பொசியும் என்று சின்ன வயதில் படித்தோம். இறைக்கிற தண்ணீர் பக்கத்துப் பாத்திக்குக் கசியும், அது உண்மை. அடுத்த ஊர்த் தோட்டத்துக்குப் போகாது. கற்றலும் அப்படித்தான். பழகிய திறன் அண்டைத் திறன்களுக்குப் பொசிகிறது, தூரத்துக்குப் போவதில்லை. ஆகவே கேட்க வேண்டியது, சங்கீதத்துக்கும் சித்திரத்துக்கும் நாடகத்துக்கும் எவையெவை பக்கத்துப் பாத்திகள் என்பதைத்தான்.

ஓடும் கைக்கு வருவோம். தவில் ஒன்று ஓங்கி ஒலிக்கும்போது நம்மை அறியாமலே கால் ஆடும். இணுவில் தந்த தவில் வித்துவான் தெட்சணாமூர்த்தியின் பழைய பதிவுகளைக் கேட்டுப் பாருங்கள், சும்மா இருக்க முடியாது. மூளைப் படங்களிலும் இதைக் காணலாம். கையை அசைக்காமல் தாளத்தைக் கேட்டால்கூட, அசைவைத் திட்டமிடும் மூளைப் பகுதிகள் வேலைசெய்யத் தொடங்குகின்றன. காதுக்கும் அசைவுக்கும் நடுவே அவ்வளவு நெருக்கமான பாதை. குரல் வேகமானால் கை ஓடுவது இதனால்தான். மூளைக்கு இரண்டையும் ஒன்றாகக் கட்டிவிடுவதே சுலபம்.

மூன்றாம் காலத்தில் பிள்ளை செய்ய வேண்டியது அந்தக் கட்டை அவிழ்ப்பது. கை பழைய வேகத்தில் நிற்க, குரல் நான்கு மடங்கில் போக வேண்டும். இதற்கு மூளையின் முன்பகுதி, ஓடத் துடிக்கும் கையை ஒவ்வொரு கணமும் பிடித்து நிறுத்த வேண்டும். அடுத்த சுரம் எது, எத்தனையாவது விரலில் நிற்கிறேன் என்பதையும் நினைவில் தூக்கி வைத்திருக்க வேண்டும். தவறினால் காது உடனே சொல்லிவிடும், திருத்தலாம். ஒரு பிழையைச் செய்து, கேட்டு, திருத்தி முடிக்க ஒரு வினாடிகூட ஆகாத பாடம் வேறு எது இருக்கிறது? கணக்குக் கொப்பி திருத்தி வர இரண்டு நாள் ஆகிறது.

நாளடைவில் இன்னொன்று நடக்கிறது. இரண்டு வேகங்களையும் தனித்தனியே சுமப்பதை மூளை விட்டுவிடுகிறது. கையின் ஒவ்வொரு எண்ணிக்கையும் ஒரு பெட்டியாகி, அதற்குள் நான்கு சுரம் அடுக்கப்படுகிறது. முன்மூளை பிடித்து இழுத்த வேலை, மூளி (பின்தலையில் இருக்கும் சிறுமூளை) முதலான பகுதிகளின் பழக்கமாகக் கீழே இறங்கிவிடுகிறது. கச்சேரி நடுவே தாளம் பிசகாமல் ஒரு கையால் வெற்றிலைத் தட்டைத் தேடும் வித்துவானைப் பார்த்திருப்பீர்கள். அவருடைய முன்மூளை ஓய்வில் இருக்கிறது, அவ்வளவுதான்.

2009 இல் வெளியான ஒரு ஆய்வில், ஆறு வயதுப் பிள்ளைகள் 31 பேரின் மூளையைப் படமெடுத்தார்கள். அவர்களில் 15 பேர் 15 மாதம் விசைப்பலகை வாத்தியம் பழகினார்கள். தொடக்கத்தில் இரு தரப்பு மூளைகளுக்கும் வித்தியாசமில்லை. 15 மாதம் கழித்து, பழகியவர்களிடம் கைவிரல்களை ஆளும் பகுதியும், ஒலியை அலசும் பகுதியும், மூளையின் இரு பாதிகளையும் இணைக்கும் நரம்புநார்க் கற்றையும் மாறியிருந்தன. விரல்களை ஆளும் திறனும் சுர, தாள வேறுபாட்டைப் பிடிக்கும் திறனும் கூடியிருந்தன. மற்றப் பரீட்சைகளில் மாற்றமில்லை. பக்கத்துப் பாத்தி மட்டும்தான்.

அந்தப் பக்கத்துப் பாத்திகளில் ஒன்று எனக்கு மிகப் பெரிதாகத் தெரிகிறது: பேச்சொலி. குறில் ஒரு மாத்திரை, நெடில் இரண்டு. "படு", "பாடு" இரண்டையும் பிரிப்பது கால அளவு மட்டுமே. "பாடு", "காடு" இரண்டையும் பிரிப்பது அதைவிட நுணுக்கம், தொடக்கத்தில் ஒரு வினாடியின் இருபதில் ஒரு பங்கு அளவுக்குள் எல்லாம் முடிந்துவிடும். எழுத்துக்கூட்டி வாசிக்கச் சிரமப்படும் பிள்ளைகள் பலருக்கு இந்த இடத்தில்தான் தடுமாற்றம். லொஸ் ஏஞ்சல்ஸில் வசதி குறைந்த பகுதிப் பிள்ளைகளுக்கு இலவசமாக இசை சொல்லிக்கொடுக்கும் ஒரு திட்டத்தில், அவர்களின் தலையில் மின்வாய்களை ஒட்டி, இப்படி நெருங்கிய ஒலிகளை மூளை எவ்வளவு தெளிவாகப் பிரிக்கிறது என்று அளந்தார்கள். ஒரு வருடம் படித்தபின் மாற்றம் எதுவுமில்லை. இரண்டு வருடம் முடிந்தபோது பிரிப்பது துல்லியமாகியிருந்தது. ஒரு தவணை அனுப்பிப் பார்த்துவிட்டு "இவளுக்குச் சங்கீதம் வராது" என்று நிறுத்தும் பெற்றோர் இந்த இரண்டு வருடத்தைக் கொஞ்சம் யோசிக்கலாம்.

நாடகத்தின் பக்கத்துப் பாத்தி மற்றவர் மனம். அரிச்சந்திரன் கதையின் மயான காண்டத்தை நினைத்துப் பாருங்கள். நடிகர் வி. வி. வைரமுத்துவின் அரிச்சந்திரனைப் பார்த்துவிட்டு விடிய விடிய அழுத தலைமுறை ஒன்று இன்னும் நம் ஊர்களில் இருக்கிறது. அந்த வேடத்தைக் கட்டும் பையன், தன் மகனின் பிணத்துக்கே சுடுகாட்டுக் கூலி கேட்க வேண்டும். எதிரே நிற்கும் சந்திரமதிக்கு என்ன தெரியும், தனக்கு என்ன தெரியும், தெரிந்தும் எதை மறைக்க வேண்டும் என்று மூன்று கணக்கு ஒரே நேரத்தில் மனதில் ஓட வேண்டும். ஒரு வருடம் நடிப்புப் பயின்ற பிள்ளைகளை, அதே காலத்தில் வேறு கலைகள் பயின்ற பிள்ளைகளோடு 2012 இல் ஒப்பிட்டபோது, பிறர் உணர்வைப் புரியும் தன்மை நடித்தவர்களிடமே கூடுதலாக வளர்ந்திருந்தது. ரொறன்ரோ நாடகக் குழுவில் கண்டதும் இதே பக்கம்தான். குழந்தை சண்முகலிங்கம் இங்கே யாழ்ப்பாணத்தில் பிள்ளைகளுக்காக நாடகம் எழுதி, பாடசாலை அரங்கை வளர்த்தவர். அவரிடம் இந்த ஆய்வைக் காட்டியிருந்தால் சிரித்திருப்பார் என்று நினைக்கிறேன்.

ஹூஸ்ரன் நகரில் 42 பாடசாலைகளில், 10,000 இற்கு மேற்பட்ட மாணவர்களிடையே, கலைக்கல்வியைக் கூட்டிப் பார்த்தார்கள். எந்தப் பாடசாலைக்கு என்பதைக் குலுக்கலில் முடிவுசெய்தார்கள். ஒழுக்கக் குறைபாட்டுக்காகத் தண்டனை பெறும் மாணவர் வீதம் 3.6 புள்ளி குறைந்தது. எழுத்துத் திறன் கூடியது, மற்றவர்மேல் பரிவு கூடியது. கணிதத்தில்? மாற்றமில்லை. அதேநேரம், கலைக்குக் கொடுத்த நேரத்தால் கணிதப் புள்ளி குறையவும் இல்லை என்பதைக் கவனியுங்கள். பரீட்சை நெருங்கினால் சித்திரப் பாட நேரத்தைக் கணித ரீச்சருக்குத் தூக்கிக் கொடுக்கும் வழக்கம் நான் படித்த பாடசாலையில் இருந்தது. சித்திர ரீச்சர் அந்த நேரம் ஓய்வறையில் கொப்பி திருத்துவார். தரம் 6 முதல் 9 வரை அழகியல் (சங்கீதம், சித்திரம் போன்ற பாடங்கள்) கட்டாயம் என்று இலங்கைப் பாடத்திட்டத்தில் இருக்கிறது. நேரசூசியில் இருப்பதும் வகுப்பில் நடப்பதும் வேறு.

கடைசியாகச் சித்திரம். சொற்களைக் கொடுத்து, சிலவற்றைத் திரும்பத் திரும்ப எழுதவும், சிலவற்றை 40 வினாடியில் வரையவும் கனடாவின் வோட்டர்லூ பல்கலைக்கழகத்தில் வைத்தார்கள். வரைந்தவை எழுதியவற்றைப்போல ஏறத்தாழ இரண்டு மடங்கு ஞாபகத்தில் நின்றன. வரைந்தது அழகாக இருந்ததா என்பது ஒரு பொருட்டே இல்லை. வரையும்போது பொருளை யோசிக்கிறோம், உருவத்தைக் காண்கிறோம், கை அசைகிறது. ஒரே விஷயத்துக்கு மூன்று தடம் விழுகிறது. உயிரியல் படிக்கும் மாணவர் இதயத்தின் குறுக்குவெட்டைப் பார்த்துப் பாடமாக்குவதைவிட ஒருமுறை கோணல்மாணலாக வரைவது மேல்.

இதைவிட ஆழமான வேலை ஒன்றும் வரைதலுக்கு உண்டு. நம் பிள்ளைகளிடம் பொங்கல் படம் வரையச் சொன்னால், இரண்டு மலைக்கு நடுவே சூரியன் எழும்பும். யாழ்ப்பாணத்தில் மலையே கிடையாது! கண்ணால் காணாததை ஏன் வரைகிறார்கள்? மூளை பார்ப்பதை வரைவதில்லை, ஏற்கெனவே வைத்திருக்கும் அச்சை வரைகிறது. சூரியன் என்றால் மலை, வீடு என்றால் முக்கோணக் கூரை. அது சோம்பல் இல்லை, வேகத்துக்காக மூளை செய்துவைத்த ஏற்பாடு. முன்னால் நிற்கும் பனையைப் பார்த்து வரையச் சொன்னால்தான், அந்த அச்சை ஒதுக்கிவிட்டு, வட்டு எந்தப் பக்கம் சரிந்திருக்கிறது, காவோலை எப்படித் தொங்குகிறது என்று பார்க்க வேண்டி வருகிறது. ஓடுகிற கையைப் பிடித்து நிறுத்துவதும் ஏறத்தாழ இதே வேலை.

இந்த முறை பொங்கலுக்கு அக்காவின் மகளை வெளியே உட்கார வைத்து, தெரிவதை மட்டும் வரையச் சொன்னேன். வேலி, அதற்கப்பால் வெளி, தூரத்தில் ஐந்தாறு பனை, அவற்றின் நடுவே பாதி மறைந்த சூரியன். ஒரு பனை மொட்டையாக நின்றது, அதையும் விடாமல் வரைந்தாள். பாடசாலைக்குக் கொண்டுபோனாள்.

ரீச்சர் மலை எங்கே என்று கேட்டாராம்.